சேலத்தில் புதிய நூல்களைக் கண்டெடுக்க

வெளிநாட்டிலிருந்து ஊருக்குப் புறப்படும்போது வாங்க வேண்டிய நூல்களைப் பட்டியல் போட்டு எடுத்துச் செல்லும் வழக்கம் நம்மில் பலருக்கும் உண்டு. நானும் பல ஆண்டுகள் அப்படியே செய்தேன். விளைவாக, ஏற்கெனவே பெயர் தெரிந்த நான்கைந்து எழுத்தாளர்களே ஒவ்வொரு முறையும் என் பெட்டியில் ஏறினார்கள். பட்டியலில் உள்ளவற்றை இருக்கும் நாட்டிலிருந்தே இணையம் வழியாக வரவழைத்துக்கொள்ளலாம். சேலத்துக் கடையில் செலவிடும் நேரத்தை, அதுவரை நாம் கேள்விப்பட்டிராத ஒரு நூலைக் கண்டெடுப்பதற்கென்றே ஒதுக்குங்கள்.

அண்மை ஆண்டுகளில் சேலம் புத்தகத் திருவிழா, புதிய பேருந்து நிலையம் அருகேயுள்ள மாநகராட்சித் திடலில் நவம்பர், டிசம்பர் வாக்கில் நடந்துவருகிறது. பயணத் தேதியை உறுதி செய்யும் முன் அந்த ஆண்டின் அறிவிப்பைப் பார்த்துவிடுங்கள். மாலையில் கூட்டம் நெரியும் என்பதால், வார நாளில் அரங்கு திறந்ததுமே போவது நல்லது. விற்பனையாளருக்கு அப்போதுதான் நின்று பேச நேரம் இருக்கும்.

அந்தப் பேச்சுதான் முக்கியம். எழுத்தாளர் பெயரைச் சொல்லிக் கேட்டால் இருக்கிறது, இல்லை என்ற பதிலோடு முடிந்துவிடும். பொருளைச் சொல்லிக் கேட்டால் கடை முழுவதும் திறந்துகொள்ளும். கைத்தறி, வெள்ளிக் கொலுசு, ஜவ்வரிசி ஆலை, 1934இல் கட்டி முடிக்கப்பட்ட மேட்டூர் அணை என இந்த மண்ணைச் சார்ந்த எதையும் கேட்கலாம். ஒருமுறை நெசவைப் பற்றி ஏதேனும் உண்டா என்று கேட்டபோது, கடைக்காரர் “கதைங்களா, கட்டுரைங்களா?” என்று திருப்பிக் கேட்டார். இரண்டும் என்றேன். அவர் குந்தி உட்கார்ந்து, அடித்தட்டின் பின்வரிசையிலிருந்து மெல்லிய நூல் ஒன்றை உருவி, தோள் துண்டால் தூசியைத் துடைத்து, “இதை யாருமே கேக்கறதில்லைங்க” என்று நீட்டினார். அந்த ஆண்டு நான் கொண்டுபோன நூல்களில் முதலில் படித்து முடித்தது அதைத்தான்.

கதையையும் கட்டுரையையும் இணையாக வாங்குங்கள் என்பதே நான் அழுத்திச் சொல்ல விரும்புவது. ஒரு நிலத்தைப் பற்றிய புனைவை வாங்கினால், அதே நிலத்தைப் பற்றிய புனைவல்லாத நூல் ஒன்றையும் தேடி எடுங்கள். ஒன்று மற்றொன்றுக்கு வெளிச்சம் காட்டும். முன்பு சேலம் மாவட்டத்தில் இருந்த திருச்செங்கோட்டுப் பகுதியைச் சேர்ந்த பெருமாள்முருகன், குடியிருப்புக்காக நிலத்தை இழந்த வேளாண் குடும்பத்தை ‘ஏறுவெயில்’ (1991) நாவலில் எழுதியவர். கொங்கு வட்டாரச் சொல்லகராதியைத் தொகுத்தவரும் அவரே. நாவலில் புரியாத சொல் வரும்போது அகராதியைப் புரட்டினால், வெளிநாட்டில் வளர்ந்த பிள்ளைகளுக்கும் அந்த மொழி மெல்லப் பிடிபடும். 1942இல் வந்த ஆர். சண்முகசுந்தரம் கொங்குப் பேச்சில் எழுதிய ‘நாகம்மாள்’ நாவலையும் இந்த அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே படிக்கலாம். 1917இல் சேலம் நகராட்சித் தலைவரான ராஜாஜியைப் புராணக் கதை சொன்னவராக மட்டுமே அறிந்திருப்போர், வேதியியலை எளிய தமிழில் விளக்க அவர் எழுதிய ‘திண்ணை ரசாயனம்’ கண்ணில் பட்டால் விடாமல் எடுத்துக்கொள்ளுங்கள். அறிவியல் நூல் பக்கமே போகாத என்னை அந்தப் பக்கம் திருப்பியது அதுதான்.

பின்னட்டையை நம்பி வாங்காதீர்கள். அணிந்துரை பெரும்பாலும் பாராட்டாகவே இருக்கும். அதைத் தாண்டி ஆசிரியரின் என்னுரையையும், நூலின் நடுவில் ஏதேனும் இரண்டு பக்கங்களையும் நின்றபடியே படித்துப் பாருங்கள். பதிப்பு விவரப் பக்கத்தில், எந்த ஆண்டு வந்தது, எத்தனையாவது பதிப்பு என்பது தெரியும். முதல் பதிப்போடு நின்றுபோன உள்ளூர் வெளியீடாக இருந்தால் அடுத்த பயணத்தில் கிடைக்காமல் போகலாம். அதற்கே முன்னுரிமை கொடுங்கள். பணம் கட்டுமுன் பக்கங்களை ஒருமுறை ஓட்டிப் பார்ப்பதும் அவசியம். நான் ஆசையாக வாங்கிய நாவல் ஒன்றில், ஒரே பதினாறு பக்க ஃபாரம் (ஒரே தாளில் அச்சிட்டு மடிக்கும் பக்கத் தொகுதி) இருமுறை கட்டப்பட்டு அடுத்த ஃபாரம் விடுபட்டிருந்ததை விமானத்தில்தான் கண்டேன். கதையின் உச்சம் அந்தப் பக்கங்களில் இருந்தது.

வாங்கியவற்றில் இரண்டை எடுத்துக்கொண்டு ஏற்காட்டுக்குப் போங்கள். சேலத்திலிருந்து ஏறக்குறைய 30 கிலோமீட்டர், 20 கொண்டை ஊசி வளைவுகள். பேருந்தில் படிக்க முயன்றால் தலை சுற்றும், மேலே போய்ப் படிக்கலாம். 1820களில் சேலம் ஆட்சியராக இருந்த காக்பர்ன் இந்தச் சேர்வராயன் மலையில் காப்பிப் பயிரை ஊன்றியவர். அந்தக் காலத்தை அறிய விரும்புவோர், 1883இல் பிரிட்டிஷ் அரசு அதிகாரி லெ ஃபானு ஆங்கிலத்தில் எழுதிய சேலம் மாவட்டக் கையேட்டைக் கைப்பேசியில் இறக்கி வைத்துக்கொண்டால், சில்வர் ஓக் நிழலில் நிற்கும் காப்பிச் செடிகளுக்கு நடுவே அமர்ந்து படிக்கலாம். மழைக்காலத்தில் பனிமூட்டம் அறைக்குள்ளேயே வந்துவிடும், தாள் நெளிந்துபோகும். ஒவ்வொரு நூலையும் தனித்தனி பிளாஸ்டிக் உறையில் போட்டு வையுங்கள்.

திரும்பும் நாளுக்கு இரண்டு நாள் முன்னதாகவே பெட்டியை எடை போட்டுவிடுங்கள். எடை மிஞ்சினால், எங்கும் கிடைக்கக்கூடிய பெரிய பதிப்பக நாவல்களை உறவினர் வீட்டில் விட்டுவிட்டு, அடித்தட்டிலிருந்து வந்த மெல்லிய நூல்களைக் கைப்பையில் எடுத்து வாருங்கள்.