உலகங்களை இணைக்கும் காட்டைக் கதைக்குள் வளர்ப்பது எப்படி?

பல உலகங்களை இணைக்கும் மாயக்காட்டை எழுத முனைபவர்கள் பெரும்பாலும் வாசலிலிருந்தே தொடங்குகிறார்கள். மரப்பொந்து ஒளிர்கிறது, சிறுவன் உள்ளே விழுகிறான், அடுத்த பத்தியில் வேறோர் உலகம் வந்துவிடுகிறது. காடு வெறும் திரைச்சீலையாக நின்றுபோகிறது. முதலில் காட்டை வளர்த்து, பிறகு அதன் கட்டுப்பாடுகளை வகுத்து, வாசலைக் கடைசியில் வைக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

காட்டுக்கு நீங்கள் கால் வைத்த இடம் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். புதுக்கோட்டைப் பக்கத்துக் கோயில்காடு ஒன்றைப் பார்த்திருந்தால் அதுவே போதும். வீரை, காசான் மரங்கள் நெருங்கி வளர்ந்த நிழல், வெறுங்காலில் குத்தும் சருகு, ஐயனாருக்கு நேர்ந்து வைத்த சுடுமண் குதிரைகள். அவற்றுள் காது உடைந்த ஒரு குதிரையின் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள்: உடைந்த இடத்தின் வழியே எறும்புகள் வரிசையாக உள்ளே போகின்றன, ஆனால் வெளியே வருபவை வேறு நிறத்தில் இருக்கின்றன. உங்கள் முதல் வாசல் இங்கே இருக்கிறது என்பதை இனி நீங்கள் வாசகருக்குச் சொல்லவே வேண்டியதில்லை. காய்ந்த சுள்ளியைக்கூட வீட்டுக்குக் கொண்டுபோகக் கூடாது என்று பல கோயில்காடுகளில் இருக்கும் கட்டுப்பாட்டையும் அப்படியே எடுத்துக்கொள்ளலாம். அந்தச் சுள்ளி வேறோர் உலகத்தில் ஒரு வீட்டின் உத்தரமாக இருந்தால் என்ன ஆகும் என்று ஒருமுறை யோசித்தாலே கதையின் பாதி கிடைத்துவிடும்.

உலகங்களை வேறுபடுத்திக் காட்ட மூன்று நிலவும் ஊதா வானமும் தேவையில்லை. தொல்காப்பியத்தின் திணைப் பகுப்பைவிடக் கூர்மையான கருவி நமக்கு வேறு இல்லை. ஒவ்வொரு திணைக்கும் தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, பறை, தொழில், யாழ் என்று கருப்பொருள்கள் இருப்பதால், புதிய உலகத்துக்குள் நுழைந்தவன் எந்தப் பறை கேட்கிறது என்பதை வைத்தே தான் எங்கே நிற்கிறோம் என்று அறிந்துகொள்ள முடியும். ஒவ்வொரு திணைக்கும் உரிய நாளின் பகுதியான சிறுபொழுதையும் வாசலோடு கட்டிவிடுங்கள். முல்லை உலகத்தின் வாசல் மாலையிலும், குறிஞ்சியினுடையது யாமத்திலும், பாலையினுடையது நண்பகலிலும் மட்டுமே திறக்கும் என்று வைத்தால், தாமதமாக வந்தவனுக்கு நேரும் ஆபத்தைத் தனியாகக் கற்பிக்க வேண்டியிருக்காது.

வாசலைக் கடப்பதற்கு ஒரு விலை இருக்க வேண்டும். இதைக் கற்றுக்கொள்ளச் சிலப்பதிகாரத்தின் காடுகாண் காதையைத் திரும்பத் திரும்பப் படியுங்கள். மதுரைக்குப் போகும் வழி கொடும்பை என்ற ஊருக்கு அருகே சூலம்போல மூன்றாகப் பிரிகிறது. இடப்பக்க வழியில் உள்ள திருமால்குன்றத்தில் ஒரு பிலம், அதாவது குகை, இருப்பதாக வழியில் சந்தித்த மாங்காட்டு மறையவன் கோவலனிடம் சொல்கிறான். அங்கே வரோத்தமை என்பவள் தோன்றி, இம்மை இன்பம் எது, மறுமை இன்பம் எது, இரண்டுமன்றி நிலைத்து நிற்பது எது என்று கேட்பாள். விடை சொன்னவர்க்கே கதவு திறக்கும். பல கதவுகளைத் தாண்டிய பின் இன்னொருத்தி கேட்பாள்; விடை சொல்லாவிட்டாலும் துன்பம் செய்யமாட்டேன், உங்கள் வழியில் கொண்டுபோய் விடுவேன் என்பாள். விடை சொன்னவர்க்கு அவள் காட்டும் மூன்று பொய்கைகளுள் ஒன்று ஐந்திரம் என்னும் பழைய இலக்கண நூலின் அறிவையும், ஒன்று பழம்பிறப்பின் அறிவையும், ஒன்று நினைத்ததையும் தரும். கேள்வி, மறுப்போர்க்கும் இரக்கம், ஒன்றுக்கொன்று ஒவ்வாத பலன்கள் ஆகிய மூன்றும் சேர்ந்தே அந்த இடத்துக்குக் கனம் தருகின்றன. கோவலனுக்கும் கண்ணகிக்கும் வழித்துணையாக வரும் சமணத் துறவி கவுந்தியடிகள் அந்தப் பலன்கள் எதுவும் வேண்டாம் என்று மறுத்துவிடுவது அதைவிட அழகு. உங்கள் கதையிலும் வாசலைப் பார்த்துவிட்டு நுழையாமல் போகும் ஒருவருக்கு இடம் கொடுங்கள்.

காட்டில் வாழ்பவர்களுக்கும் சொந்த விருப்பங்கள் இருக்கட்டும். அதே காதையில் நீருக்குப் போன கோவலன்முன் கானுறை தெய்வம் மாதவியின் தோழி வசந்தமாலையின் உருவில் வந்து மயக்குகிறது. அவன் மந்திரம் சொன்னதும் உண்மையை ஒப்புக்கொண்டு, இதைக் கண்ணகியிடமும் கவுந்தியடிகளிடமும் சொல்லிவிடாதே என்று கேட்டுக்கொள்கிறது. அஞ்சவைக்கும் ஒன்று வெட்கப்படும்போதுதான் காடு உயிர்பெறுகிறது.

வாசல்களின் எண்ணிக்கை மூன்றைத் தாண்ட வேண்டாம். திரும்பி வரும் காட்சியைப் பெரிதாக விளக்காமல், உடம்பில் ஒட்டியிருக்கும் ஒன்றால் முடித்துவிடலாம்: நெய்தல் உலகத்திலிருந்து வந்த பெண்ணின் இமையில் உப்பு பூத்திருக்கிறது, அவள் கண்ணைக் கசக்குகிறாள், அவ்வளவுதான்.

இவையெல்லாம் கைக்கு வந்ததும், வாசலே இல்லாத ஒரு பக்கத்தை எழுதி யாரிடமாவது படித்துக் காட்டுங்கள். இந்தக் காடு எந்த ஊரில் இருக்கிறது என்று அவர் கேட்டால், கதையைத் தொடங்கலாம்.