ஆப் சந்தா என்று பைசா போயிருக்கிறதா? நிறுத்தவும் திரும்ப வாங்கவும் வழி

வங்கியிலிருந்து 299, 499, 799 என்று எதிர்பாராத மெசேஜ் ஒன்று வந்ததும் பலரும் முதலில் செய்வது, அந்த ஆப்பைப் போனிலிருந்து அழிப்பது. தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். ஆப்பை அழித்தாலும் சந்தா நிற்காது. அடுத்த தவணைக்கும் பைசா பிடிப்பார்கள். அதோடு எந்த நம்பரில் பதிவு செய்தோம், எந்தத் திட்டம் ஓடுகிறது, ரத்து செய்யும் பட்டன் எங்கே என்ற விவரமெல்லாம் அந்த ஆப்புக்குள்தான் இருக்கும். பணம் திரும்பி வந்த பிறகு நிம்மதியாக அழித்துக்கொள்ளலாம்.

கன்னியாகுமரி மாவட்டத்தில் தக்கலைப் பக்கம் இருக்கும் எங்கள் சித்திக்கு இப்படித்தான் ஆனது. இரண்டு நிமிடத் தொடர்கள் காட்டும் ஏதோ ஒரு ஆப். "மக்களே, ஒரு ரூவாதான்னு போட்டிருந்தான். இப்பம் பாத்தா எழுநூறு போயிட்டு" என்றார். சித்தப்பா ரப்பர் பால்வெட்டுக்குப் போகிறவர். மழை பிடித்துக்கொண்டால் வெட்டும் இல்லை, கூலியும் இல்லை. அந்த வீட்டில் எழுநூறு ரூபாய் பெரிய காசு. அதைத் திரும்ப வாங்கிக் கொடுத்தபோது தெரிந்துகொண்டதை வரிசையாக எழுதுகிறேன். ஸ்கிரீன்ஷாட் எடுக்கவும் இமெயில் அனுப்பவும் தெரிந்திருந்தால் போதும்.

ஒரு ரூபாய்க்குப் பின்னால் இருப்பது

ஒரு ரூபாய், ஐந்து ரூபாய் என்று சோதனைச் சந்தா கேட்கும்போது நாம் போடும் யூபிஐ பின், அந்த ஒரு ரூபாயோடு முடிவதில்லை. ஆட்டோபே என்கிற நிரந்தர ஒப்புதலையும் சேர்த்தே கொடுத்துவிடுகிறோம். பின் போடும் திரையில் சின்ன எழுத்தில் மூன்று விஷயம் இருக்கும்: அதிகபட்சம் எவ்வளவு எடுக்கலாம், எத்தனை நாளைக்கு ஒருமுறை, எந்த ஆண்டு வரை. யூபிஐ ஆட்டோபே 2020-இல் வந்தது. பெரும்பாலான சந்தாக்களுக்கு 15,000 ரூபாய் வரை ஒவ்வொரு முறையும் பின் கேட்காமலே எடுத்துக்கொள்ள ரிசர்வ் வங்கி விதி இடம் தருகிறது. மின்கட்டணம் கட்டுகிறவர்களுக்கு வசதியான ஏற்பாடுதான். ஆனால் வயதானவர்களின் கண்ணுக்கு அந்தத் திரையில் பெரிதாகத் தெரிவது ஒரு ரூபாய் மட்டுமே. எனக்குக் கோபம் அங்கேதான்.

முதல் வேலை: பைசா எந்த வழியாகப் போனது?

இதைக் கண்டுபிடிக்காமல் யாருக்கு எழுதினாலும் "எங்களிடம் இல்லை, அங்கே கேளுங்கள்" என்றுதான் பதில் வரும். வங்கி மெசேஜையும் கணக்கு விவரத்தையும் திறந்து அந்த வரியைப் படியுங்கள். கூகுள் பிளே என்று இருந்தால் கூகுளிடம் போக வேண்டும். ஆப்பிள் என்று இருந்தால் ஆப்பிளிடம். யூபிஐ மேன்டேட் (ஆட்டோபே ஒப்புதலுக்கு வங்கி வைத்திருக்கும் பெயர்) என்றோ, கேள்விப்படாத ஒரு பிரைவேட் லிமிடெட் பெயரோ இருந்தால், அந்த ஆப் நிறுவனம் உங்களிடம் நேரடியாக ஆட்டோபே வாங்கியிருக்கிறது. ஆப்பின் பெயர் ஒன்று, வங்கிக் கணக்கில் வரும் நிறுவனப் பெயர் வேறு. இது பலரைக் குழப்பும். பிளே ஸ்டோரில் அந்த ஆப்பின் பக்கத்துக்குப் போய்க் கீழே இறங்கினால் நிறுவனத்தின் பெயரும் இமெயிலும் இருக்கும். இரண்டையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.

யூபிஐ என்றால் 12 இலக்க ரெஃபரன்ஸ் எண் ஒன்று இருக்கும். அதை ஒரு தாளில் எழுதி வையுங்கள். இனி எல்லா இடத்திலும் அதைத்தான் கேட்பார்கள்.

அடுத்து ஸ்கிரீன்ஷாட். வங்கி மெசேஜ், ஆப்புக்குள் சந்தா காட்டும் பக்கம், ஒரு ரூபாய் என்று விளம்பரம் காட்டும் பக்கம், மூன்றும் வேண்டும். ரத்து செய்துவிட்டால் சில பக்கங்கள் மாறிவிடும் என்பதால் ரத்துக்கு முன்னால் எடுத்துவிடுங்கள்.

கூகுள் பிளே வழி

பிளே ஸ்டோரைத் திறந்து வலது மேல் மூலையில் உள்ள படத்தை அழுத்தி, பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ், அதற்குள் சப்ஸ்கிரிப்ஷன்ஸ். அந்த ஆப்பைத் தொட்டு கேன்சல் கொடுங்கள். இவ்வளவுதான்.

ஆனால் இங்கே பலரும் முட்டிக்கொண்டு நிற்பார்கள். உள்ளே போனால் "சந்தா எதுவும் இல்லை" என்று வரும். பைசா போனது உண்மை, சந்தாவோ இல்லை என்கிறது. காரணம், ஒரே போனில் இரண்டு மூன்று ஜிமெயில் இருப்பதுதான். நம் மாவட்டத்தில் இது சாதாரணம். வளைகுடாவில் வேலை பார்க்கும் மகன் லீவுக்கு வரும்போது போன் வாங்கி, அவனுடைய ஜிமெயிலையே போட்டுக் கொடுத்துவிட்டுப் போயிருப்பான். பிறகு பள்ளிக்கூடத்துப் பிள்ளைக்காக இன்னொரு ஜிமெயில் சேர்ந்திருக்கும். பிளே ஸ்டோர் ஒரு நேரத்தில் ஒரு ஜிமெயிலின் சந்தாவை மட்டுமே காட்டும். அதே படத்தை அழுத்தினால் ஜிமெயில் முகவரிக்குப் பக்கத்தில் கீழ்நோக்கிய சின்ன அம்பு இருக்கும். அதை அழுத்தி ஒவ்வொரு முகவரியாக மாற்றி மாற்றிப் பாருங்கள். அப்படியும் இல்லையென்றால் ஒவ்வொரு ஜிமெயிலிலும் கூகுள் பிளே என்று தேடுங்கள். பணம் பிடித்ததற்கான ரசீதில் ஜிபிஏ என்ற ஆங்கில எழுத்துகளில் தொடங்கும் ஆர்டர் எண் இருக்கும். அந்த ரசீது எந்த இமெயிலில் இருக்கிறதோ அந்தக் கணக்கில்தான் சந்தா ஓடுகிறது. அது வெளிநாட்டில் இருக்கும் மகனுடைய இமெயில் என்றால், அவன் அங்கிருந்தே ரத்து செய்துவிடலாம். இந்தப் போன் கையில் இருக்க வேண்டும் என்று இல்லை.

ரத்து செய்வது வேறு, பணத்தைக் கேட்பது வேறு. ரத்து செய்தால் அடுத்த தவணை நிற்கும். போன பணம் தானாக வராது. அதற்குக் கூகுள் பிளே உதவிப் பக்கத்தில் ரீஃபண்ட் விண்ணப்பம் தனியாகக் கொடுக்க வேண்டும். 48 மணி நேரத்துக்குள் கேட்டால் கூகுளே பரிசீலிக்கும். அதற்கு மேல் ஆகிவிட்டால் பெரும்பாலும் ஆப் நிறுவனத்திடம்தான் போகச் சொல்வார்கள். ஆகவே பைசா போனது தெரிந்த அன்றைக்கே உட்கார்ந்து முடித்துவிடுங்கள், ஞாயிற்றுக்கிழமை பார்க்கலாம் என்று தள்ள வேண்டாம். இந்த விண்ணப்பத்தை நான் கம்ப்யூட்டரில் செய்யத்தான் சொல்வேன். பெரிய திரையில் எந்தக் கணக்கில் இருக்கிறோம் என்பது எப்போதும் கண்ணில் படும். காரணம் எழுதும் இடத்தில் சுற்றி வளைக்காமல் தேதி, தொகை, ஆப்பைப் பயன்படுத்தவில்லை என்பது, அல்லது பிள்ளை தெரியாமல் வாங்கியது, எது உண்மையோ அதை நாலு வரியில் எழுதுங்கள்.

ஐபோன்காரர்களுக்கு இது இன்னும் சுலபம். செட்டிங்ஸில் மேலே உங்கள் பெயரை அழுத்தினால் சப்ஸ்கிரிப்ஷன்ஸ் இருக்கிறது, அங்கே ரத்து செய்யலாம். பணம் கேட்க ஆப்பிளின் ரிப்போர்ட் எ ப்ராப்ளம் என்ற இணையப் பக்கம். இலவசச் சோதனை முடிவதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்னாலேயே ரத்து செய்ய வேண்டும் என்பதை மட்டும் நினைவில் வையுங்கள்.

நேரடி யூபிஐ ஆட்டோபே

சித்திக்குப் போனது இந்த வழியில்தான். பிளே ஸ்டோரில் எவ்வளவு தேடினாலும் இது அகப்படாது.

ஜிபே, ஃபோன்பே, பேடிஎம் எதுவானாலும் புரொஃபைல் படத்தை அழுத்தினால் ஆட்டோபே என்று ஒரு பகுதி இருக்கும். எந்த ஆப்பில் பின் போட்டு ஒப்புதல் கொடுத்தீர்களோ அதில் முதலில் தேடுங்கள். நினைவில்லை என்றால் போனில் உள்ள எல்லாப் பண ஆப்களையும் திறந்து பாருங்கள், வங்கியின் சொந்த ஆப் உட்பட. ஓடிக்கொண்டிருக்கும் ஒப்புதல்களின் பட்டியலில் அந்த நிறுவனத்தின் பெயர் இருக்கும். பாஸ் (Pause), கேன்சல் என இரண்டு வாய்ப்பு காட்டினால் கேன்சல்தான் நமக்கு வேண்டியது. பாஸ் என்பது கொஞ்ச காலத்துக்கு நிறுத்தி வைப்பது மட்டுமே. கேன்சல் செய்ய உங்கள் பின்னைக் கேட்கும், பயப்பட வேண்டாம். நீங்களே உங்கள் ஆப்பைத் திறந்து செய்வதால் அது சரிதான்.

பிறகு அந்த நிறுவனத்தின் ஆப்புக்குள்ளும் போய்ச் சந்தாவை ரத்து செய்யுங்கள். இரண்டு பக்கமும் முடித்தால்தான் வேலை முடிந்தது.

பணம் கேட்பதற்கு இமெயில்தான் நல்லது என்பது என் உறுதியான கருத்து. ஆப்புக்குள் வரும் சாட் மூடியதும் காணாமல் போகும், போனில் பேசியதற்குச் சாட்சி கிடையாது. நாங்கள் அனுப்பியது கிட்டத்தட்ட இப்படி:

"வணக்கம். எனது பதிவு எண் இது. இந்தத் தேதியில் இந்த ரெஃபரன்ஸ் எண்ணில் என் கணக்கிலிருந்து 699 ரூபாய் எடுக்கப்பட்டுள்ளது. ஒரு ரூபாய் சோதனைக்கு மட்டுமே நான் சம்மதித்தேன். அதற்குப் பிறகு ஆப்பைப் பயன்படுத்தவில்லை. ஆட்டோபேயை ரத்து செய்துவிட்டேன். முழுத் தொகையையும் அதே கணக்குக்குத் திருப்பி அனுப்பவும். இந்தப் புகாருக்கு எண் கொடுக்கவும்."

நிறுவனத்தின் குறைதீர்ப்பு அலுவலருக்கும் இதை அனுப்புங்கள். அவர் பெயரும் இமெயிலும் ஆப்பின் விதிமுறைப் பக்கத்தில் இருக்க வேண்டும். 2020-ஆம் ஆண்டின் மின்வணிக விதிகளின்படி, அவர் 48 மணி நேரத்துக்குள் புகார் கிடைத்ததைத் தெரிவிக்க வேண்டும், ஒரு மாதத்துக்குள் தீர்வு சொல்ல வேண்டும். முதலில் எங்களுக்கு வந்த பதில், "சந்தா திருப்பித் தரத்தக்கது அல்ல" என்ற ஒரு வரி. அதோடு விட்டுவிடாதீர்கள். அடுத்த கதவைத் தட்டப் போகிறோம் என்று எழுதியதும் குரல் மாறியது.

அடுத்த கதவு 1915

தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. தமிழில் பேசலாம். அவர்களுடைய இணையதளத்திலும் புகார் பதியலாம். ரெஃபரன்ஸ் எண்ணும் இமெயில் நகலும் கையில் இருக்கட்டும். 2023 நவம்பரில் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம், நுகர்வோரை ஏமாற்றும் 13 வகை வடிவமைப்புகளைத் தடை செய்து வழிகாட்டுதல் வெளியிட்டது. ரத்து செய்யும் வழியை ஒளித்து வைக்கும் சந்தாப் பொறி அதில் ஒன்று. புகாரில் இதைக் குறிப்பிட்டு எழுதுங்கள், எடை கூடும். அதற்கு மேலும் போக வேண்டுமென்றால் நாகர்கோவிலிலேயே மாவட்ட நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. ஐந்து லட்சம் ரூபாய் வரையிலான வழக்குகளுக்கு நீதிமன்றக் கட்டணம் இல்லை. எங்களுக்கு அவ்வளவு தூரம் போக வேண்டி வரவில்லை. 1915-இல் பதிந்த பிறகு பணம் சித்தியின் கணக்குக்கு வந்துவிட்டது.

வங்கிக்கும் ஒரு பங்கு உண்டு. ஆட்டோபேயில் பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்னால் வாடிக்கையாளருக்கு முன்னறிவிப்பு வர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. மெசேஜ் பெட்டியில் தேடுங்கள். வரவே இல்லை என்றால் வங்கியில் எழுத்தில் புகார் கொடுங்கள். 30 நாளில் பதில் இல்லாவிட்டால் வங்கிகள் மீதான புகாரை விசாரிக்கும் ரிசர்வ் வங்கி ஒம்புட்ஸ்மனிடம் போகலாம், உதவி எண் 14448. நீங்கள் எந்த ஒப்புதலும் கொடுக்காமல் பணம் போயிருந்தால் அது சந்தாப் பிரச்சினையே இல்லை, மோசடி. அப்போது சைபர் மோசடிக்கான உதவி எண் 1930-க்கு உடனே அழையுங்கள், மூன்று வேலை நாளுக்குள் வங்கியிலும் சொல்லிவிடுங்கள்.

கஸ்டமர் கேர் நம்பரைத் தேடாதீர்கள்

இதை வயதானவர்கள் உள்ள ஒவ்வொரு வீட்டிலும் சொல்லி வையுங்கள். ஆப்பின் பெயரோடு கஸ்டமர் கேர் என்று இணையத்தில் தேடினால் போலி நம்பர்கள் வந்து நிற்கும். அழைத்தால் இனிக்க இனிக்கப் பேசி, திரையைப் பகிரும் ஆப் ஒன்றைப் போடச் சொல்வார்கள், அல்லது "ரீஃபண்ட் வர பின் போடுங்கள்" என்பார்கள். நமக்குப் பணம் வருவதற்கு யூபிஐ பின் தேவையே இல்லை. எழுநூறைத் தேடிப் போய்க் கணக்கையே காலி செய்துகொள்ள வழி அது. நம்பர் வேண்டுமென்றால் ஆப்புக்குள்ளிருந்தோ பிளே ஸ்டோர் பக்கத்திலிருந்தோ மட்டும் எடுங்கள்.

இனிமேல் வராமலிருக்க எங்கள் வீட்டில் செய்திருப்பது: யூபிஐக்கு என்று தனிக் கணக்கு, அதில் செலவுக்கு வேண்டிய தொகை மட்டும். நகைச்சீட்டுப் பணமும் ஓய்வூதியமும் இருக்கிற கணக்கை எந்தப் பண ஆப்பிலும் சேர்ப்பதில்லை. சந்தா கட்டாயம் வேண்டுமென்றால் பிளே ஸ்டோர் வழியாகவே எடுக்கிறேன், எல்லாம் ஒரே இடத்தில் இருப்பதால் ரத்து செய்வது சுலபம். பிள்ளைகள் கேம் விளையாடும் போனில், பிளே ஸ்டோர் செட்டிங்ஸில் ஒவ்வொரு வாங்குதலுக்கும் பாஸ்வேர்டு கேட்கும்படி மாற்றிவிடுங்கள்.

பின்சேர்க்கை: இதைப் படித்த குளச்சல் அக்கா ஒருவர், அம்மாவின் பட்டன் போனில் ரீசார்ஜ் செய்த பேலன்ஸ் தானாகக் குறைகிறது, வங்கிக் கணக்கே இணைக்கவில்லையே என்று கேட்டிருந்தார். அது சிம் கம்பெனி வழியாக ஓடும் மதிப்புக்கூட்டுச் சேவை. பாட்டு, ஜோசியம், கிரிக்கெட் ஸ்கோர் என்று ஏதோ ஒன்றை அறியாமல் அழுத்தியிருப்பார்கள். அந்த போனிலிருந்தே 155223 என்ற எண்ணுக்கு அழைத்து நிறுத்தச் சொல்லலாம், கட்டணம் இல்லை. நிறுத்தியதற்கு மெசேஜ் வரும். அதை அழிக்காமல் வைத்துக்கொண்டு, போன பேலன்ஸைத் திரும்பக் கேட்டு சிம் கம்பெனியின் சேவை எண்ணில் புகார் பதியச் சொல்லியிருக்கிறேன்.