விண்டோஸில் வேண்டாத கேமிங் வசதிகளை முறையாக நீக்குவது எப்படி

என் சித்தப்பாவின் கடைக் கணக்கு முழுவதும் ஒரு மடிக்கணினியில் இருக்கிறது. எக்செல் தாளில் வேறொரு கட்டத்துக்குத் தாவ வேண்டுமானால் அவர் கன்ட்ரோல் விசையோடு ஜி எழுத்தை அழுத்துவார். விரல் சற்றுத் தவறி அருகிலிருக்கும் விண்டோஸ் விசையில் பட்டுவிட்டால், கணக்குத் தாள் மங்கி, ஒலி அளவு, திரைப்பதிவு, கணினியின் வேகம் ஆகியவற்றைக் காட்டும் கறுப்புப் பலகைகள் அதன் மேல் வந்து நிற்கும். கணினிக்குள் வைரஸ் புகுந்துவிட்டது என்று நினைத்து அவர் என்னைத் தொலைபேசியில் அழைத்தார். வந்தது வைரஸ் அல்ல. கேம் விளையாடுபவர்களுக்காக விண்டோஸிலேயே சேர்த்துத் தரப்படும் கேம் பார் என்ற செயலி. கணக்கு எழுதவும், பாடம் படிக்கவும், அச்சு வேலைக்கும் மட்டுமே கணினியை வைத்திருப்பவர்கள் இதையும் இதைச் சார்ந்தவற்றையும் கணினிக்குக் கேடு வராமல் எப்படி அகற்றலாம் என்பதை இங்கே விளக்குகிறேன்.

விண்டோஸ் 7 காலத்தில் இந்த வேலை மிக எளிதாக இருந்தது. கன்ட்ரோல் பேனலில் விண்டோஸின் உட்கூறுகளைச் சேர்க்கவும் நீக்கவும் ஒரு பட்டியல் உண்டு. அதில் கேம்ஸ் என்ற கட்டத்தில் இருக்கும் குறியை எடுத்துவிட்டால் எல்லா விளையாட்டுகளும் ஒரே நேரத்தில் மறைந்துவிடும். 2015-இல் வந்த விண்டோஸ் 10 இந்த ஏற்பாட்டை மாற்றியது. விளையாட்டுகள் ஸ்டோர் செயலிகளாக மாறின. மைக்ரோசாஃப்டின் விளையாட்டுப் பிரிவான எக்ஸ்பாக்ஸ் சார்ந்த வசதிகள் பல சிறு செயலிகளாகவும், பின்னணிச் சேவைகளாகவும், செட்டிங்ஸ் பகுதியில் உள்ள தேர்வுகளாகவும் பிரிந்து கிடந்தன. 2017-இல், ஓடும் விளையாட்டுக்கு முன்னுரிமை தரும் கேம் மோடும் வந்து சேர்ந்தது. விண்டோஸ் 11-லும் இதே அமைப்புத்தான் தொடர்கிறது. எனவே ஒரே பொத்தானில் முடிகிற வேலையாக இது இப்போது இல்லை. எதை முதலில் செய்வது, எதைத் தொடாமல் விடுவது என்ற வரிசைதான் இதில் முக்கியம்.

நீக்கும் முன் பார்க்க வேண்டியவை

முதலில் வீட்டில் அந்தக் கணினியை வேறு யாரெல்லாம் பயன்படுத்துகிறார்கள் என்று கேட்டுக்கொள்ளுங்கள். பிள்ளைகள் மைன்கிராஃப்ட் விளையாடுகிறார்கள் என்றால், எக்ஸ்பாக்ஸ் ஐடென்டிட்டி புரொவைடர் என்ற செயலியை நீக்கக் கூடாது; அந்த விளையாட்டில் கணக்கைத் திறந்து நுழைவதற்கு அது தேவை. அடுத்து, ஆசிரியர்களில் பலர் பாடங்களைக் காணொளியாகப் பதிவுசெய்ய விண்டோஸ் விசை, ஆல்ட், ஆர் ஆகிய மூன்றையும் சேர்த்து அழுத்துகிறார்கள். அந்தப் பதிவைச் செய்வது கேம் பார்தான். அதை எடுத்துவிட்டால் இந்த வழி அடைபடும். விண்டோஸ் 11-இல் ஸ்னிப்பிங் டூல் செயலியும் திரையைக் காணொளியாகப் பதிவுசெய்யும் என்பதால் அங்கே மாற்று உண்டு. விண்டோஸ் 10-இல் உள்ள ஸ்னிப்பிங் டூலுக்கு அந்தத் திறன் இல்லை.

இன்னொரு விதிவிலக்கு பலருக்குத் தெரியாது. ஏஎம்டி நிறுவனத்தின் ரைசன் 9 7900எக்ஸ்3டி, 7950எக்ஸ்3டி போன்ற பிராசசர்களில், கணக்கீடு செய்யும் பகுதிகளான கோர்கள் இரண்டு தொகுதிகளாக இருக்கும். கூடுதல் கேஷ் நினைவகம் அவற்றுள் ஒன்றுக்கு மட்டுமே உண்டு. திறந்திருப்பது விளையாட்டுத்தான் என்பதைக் கேம் பார் மூலம் அறிந்தே, விளையாட்டைச் சரியான தொகுதிக்கு அனுப்பும் ஏற்பாடு அங்கே செய்யப்பட்டிருக்கிறது. அத்தகைய கணினியில் விளையாடுபவர் கேம் பாரை நீக்கினால் விளையாட்டின் வேகம் குறையக்கூடும். அங்கே அதை அப்படியே விட்டுவிடுவதே சரி.

பிறகு, வீடியோஸ் கோப்புறைக்குள் கேப்சர்ஸ் என்ற உட்கோப்புறை இருக்கிறதா என்று பாருங்கள். கேம் பார் பதிவுசெய்யும் காணொளிகளும் படங்களும் அங்கேதான் சேரும். சித்தப்பாவின் கணினியில் அந்தக் கோப்புறையைத் திறந்தபோது அவருக்கே தெரியாத ஒரு நீண்ட காணொளி இருந்தது. எப்போதோ விசைகள் தவறுதலாக அழுத்தப்பட்டு, உலாவியில் அவர் பார்த்துக்கொண்டிருந்த பக்கங்கள் எல்லாம் அதில் பதிவாகியிருந்தன. வங்கிக் கணக்குப் பக்கமும் அவற்றுள் ஒன்று. வேண்டாதவற்றை அழித்துவிட்டு, ரீசைக்கிள் பின்னையும் காலி செய்துவிட்டுத்தான் மேற்கொண்டு செல்ல வேண்டும். செயலியை நீக்கினாலும் அது உருவாக்கிய கோப்புகள் அங்கேயே இருக்கும்.

கடைசியாக, ஏதேனும் தவறினால் கணினியைப் பழைய நிலைக்குத் திருப்ப உதவும் ஒரு ரிஸ்டோர் பாயின்ட் உருவாக்கிக்கொள்ளுங்கள். ஸ்டார்ட் மெனுவில் ரிஸ்டோர் பாயின்ட் என்று தேடினால் வரும் சிறு பெட்டியில், சி டிரைவுக்குப் பாதுகாப்பு இயக்கத்தில் இருக்கிறதா என்று பார்த்து, கிரியேட் பொத்தானை அழுத்தி ஒரு பெயர் கொடுத்தால் போதும்.

முதலில் அணைக்க வேண்டும்

கேம் பாரை அணைக்காமல் நேரடியாக நீக்குவதுதான் பலர் செய்யும் தவறு. அப்படி நீக்கினால், விளையாட்டைத் திறக்கும்போதோ கேம் கன்ட்ரோலரை இணைக்கும்போதோ, எம்எஸ்-கேமிங்ஓவர்லே என்ற இணைப்பைத் திறக்க ஒரு செயலி வேண்டும் என்று விண்டோஸ் கேட்கத் தொடங்கும். செயலி போய்விட்டாலும் அதை அழைக்கும் அமைப்பு உள்ளே விழித்திருப்பதே இதற்குக் காரணம்.

எனவே செட்டிங்ஸ் திறந்து கேமிங் பகுதிக்குச் செல்லுங்கள். விண்டோஸ் 10-இல் எக்ஸ்பாக்ஸ் கேம் பார் என்ற பக்கத்தின் மேலே உள்ள தேர்வை ஆஃப் நிலைக்கு மாற்றுங்கள். பலருக்கு இந்த ஒரு மாற்றமே போதுமானது. மேற்கொண்டு எதையும் நீக்க வேண்டிய தேவையே இருக்காது. விண்டோஸ் 11-இல் அதே இடத்தில், கன்ட்ரோலரின் பொத்தானால் கேம் பார் திறக்கலாமா என்ற தேர்வு இருக்கும், அதை அணையுங்கள். இரண்டிலும் கேப்சர்ஸ் பக்கத்துக்குச் சென்று, நடந்தவற்றைப் பின்னணியில் பதிவுசெய்யும் தேர்வு ஆஃப் நிலையில் இருப்பதை உறுதிசெய்துகொள்ளுங்கள். அது தொடக்கத்திலேயே அணைந்துதான் இருக்கும். ஆனால் யாரேனும் இயக்கிவிட்டிருந்தால் பழைய கணினியை உண்மையிலேயே மெதுவாக்குவது இதுதான்.

கேம் மோடைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம். விளையாட்டு ஓடும்போது அதற்கு முன்னுரிமை தருவதும், அந்த நேரத்தில் விண்டோஸ் அப்டேட் டிரைவர்களை நிறுவாமல் தடுப்பதும் அதன் வேலை. விளையாட்டே இல்லாத கணினியில் அது எதுவும் செய்யாது. அதைத் தனியாக நீக்கவும் முடியாது.

புரோ பதிப்பு வைத்திருப்பவர்களுக்கு இன்னும் உறுதியான வழி ஒன்று உண்டு. கணினி முழுவதற்குமான விதிகளை அமைக்கும் குரூப் பாலிசி எடிட்டரைத் திறந்து, கம்ப்யூட்டர் கான்ஃபிகரேஷன், அட்மினிஸ்ட்ரேட்டிவ் டெம்ப்ளேட்ஸ், விண்டோஸ் காம்போனன்ட்ஸ், விண்டோஸ் கேம் ரெக்கார்டிங் அண்ட் பிராட்காஸ்டிங் என்ற வரிசையில் சென்று, அங்கே உள்ள ஒரே கொள்கையை டிசேபிள்டு என மாற்றினால், அந்தக் கணினியின் எல்லாப் பயனர்களுக்கும் பதிவு வசதி அடைபடும். ஹோம் பதிப்பில் இந்த எடிட்டர் கிடையாது.

அதன் பிறகு நீக்கலாம்

செட்டிங்ஸில் ஆப்ஸ் பகுதிக்குள் நிறுவப்பட்ட செயலிகளின் பட்டியல் இருக்கிறது. அதில் எக்ஸ்பாக்ஸ், சாலிட்டர் கலெக்ஷன் ஆகியவற்றுக்கும், ஸ்டார்ட் மெனுவில் தானாக வந்து உட்கார்ந்திருக்கும் கேண்டி கிரஷ் போன்ற விளையாட்டுகளுக்கும் அன்இன்ஸ்டால் பொத்தான் வேலை செய்யும். ஒவ்வொன்றாக எடுத்துவிடுங்கள். கேம் பாருக்குப் பெரும்பாலும் அந்தப் பொத்தான் இருக்காது, அல்லது மங்கிக் கிடக்கும். விண்டோஸ் 11-இல் அதன் பெயருக்கு எதிரே உள்ள மூன்று புள்ளிகளை அழுத்தி, அட்வான்ஸ்டு ஆப்ஷன்ஸ் சென்று, பின்னணியில் இயங்கும் அனுமதியை நெவர் என மாற்றலாம். நீக்கத் தயங்குபவர்கள் இதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

முழுதாக நீக்க வேண்டுமென்றால், கட்டளைகளைத் தட்டச்சு செய்து இயக்கும் பவர்ஷெல் தேவை. ஸ்டார்ட் மெனுவில் விண்டோஸ் பவர்ஷெல் என்று தேடித் திறந்து, மூன்று கட்டளைகளைக் குத்துக்கோட்டால் இணைத்து ஒரே வரியாக, ஆங்கில எழுத்துகளில் தட்டச்சு செய்யுங்கள். முதலாவது கெட்-ஆப்எக்ஸ்பேக்கேஜ், இதில் ஆப்எக்ஸ் என்பது ஏ, பி, பி, எக்ஸ் என்ற நான்கு எழுத்துகள். இரண்டாவது அவுட்-கிரிட்வியூ; அதன் பின் ஓர் இடைவெளி விட்டு, ஒரு சிறு கோட்டுடன் பாஸ்த்ரூ. மூன்றாவது ரிமூவ்-ஆப்எக்ஸ்பேக்கேஜ், அதன் பின்னும் ஓர் இடைவெளி விட்டு, ஒரு சிறு கோட்டுடன் கன்ஃபர்ம். என்டர் விசையை அழுத்தியதும் கணினியில் உள்ள செயலித் தொகுப்புகள் எல்லாம் ஒரு பட்டியலாகத் தனிச் சாளரத்தில் திறக்கும்.

இணையத்தில் கிடைக்கும் நீளமான நிரல்களை விட இந்த வழியையே நான் விரும்புகிறேன். எது நீங்கப் போகிறது என்பதை நம் கண்ணால் பார்த்துத் தேர்ந்தெடுக்கிறோம். மேலே உள்ள தேடல் பெட்டியில் எக்ஸ்பாக்ஸ் என்று ஆங்கிலத்தில் எழுதினால் தொடர்புள்ளவை மட்டும் மிஞ்சும். எக்ஸ்பாக்ஸ்கேமிங்ஓவர்லே என்பதுதான் கேம் பார். எக்ஸ்பாக்ஸ்கேம்ஓவர்லே, எக்ஸ்பாக்ஸ்ஸ்பீச்டுடெக்ஸ்ட்ஓவர்லே ஆகியவை அதன் துணைகள். கன்ட்ரோல் விசையைப் பிடித்துக்கொண்டு இவற்றை மட்டும் தேர்ந்தெடுத்து, ஓகே அழுத்துங்கள். வரியின் இறுதியில் கன்ஃபர்ம் சேர்த்திருப்பதால், ஒவ்வொன்றையும் நீக்கும் முன் பவர்ஷெல் உங்களைக் கேட்கும். தேடல் பெட்டி காலியாக இருக்கும்போது எல்லாவற்றையும் ஒரே அடியாகத் தேர்ந்தெடுத்துவிடாதீர்கள். அந்தப் பட்டியலில் கால்குலேட்டரும் ஸ்டோரும்கூட இருக்கின்றன. சந்தேகம் எழுந்தால் கேன்சல் அழுத்துங்கள், எதுவும் நடக்காது.

எக்ஸ்பாக்ஸ்கேம்காலபிள்யுஐ என்ற பெயரைத் தேர்ந்தெடுத்தால் சிவப்பு எழுத்தில் பிழைச் செய்தி வரும். அது விண்டோஸின் உள்ளுறுப்பு. நீக்க முடியாது, நீக்க வேண்டிய அவசியமும் இல்லை. ஐடென்டிட்டி புரொவைடரைப் பற்றி மேலே சொன்னதை நினைவில் கொள்ளுங்கள்.

இந்த முறையில் நீங்குவது உங்கள் பயனர் கணக்கில் மட்டும்தான். அதே கணினியில் வேறு கணக்குகள் இருந்தால் அவற்றிலும் இதைச் செய்ய வேண்டும். கணினி ஆய்வகம் போல அடிக்கடி புதிய கணக்குகள் உருவாகும் இடங்களில், நிர்வாகி உரிமையோடு பவர்ஷெல்லைத் திறந்து, கெட்-ஆப்எக்ஸ்புரொவிஷன்டுபேக்கேஜ், ரிமூவ்-ஆப்எக்ஸ்புரொவிஷன்டுபேக்கேஜ் என்ற இணையை, இரண்டின் பின்னும் ஒரு சிறு கோட்டுடன் ஆன்லைன் என்று சேர்த்து, நடுவில் அதே அவுட்-கிரிட்வியூவை வைத்து இயக்கினால், இனி உருவாகும் கணக்குகளுக்கு அந்தச் செயலிகள் வராது. விண்டோஸ் 11-இன் 25எச்2 வெளியீட்டில், என்டர்பிரைஸ், எஜுகேஷன் பதிப்புகளுக்கு இதற்கென்றே ஒரு குரூப் பாலிசி வந்திருக்கிறது. ஆப் பேக்கேஜ் டிப்ளாய்மென்ட் என்ற பிரிவில் அதைக் காணலாம்.

சேவைகளை விட்டுவிடுங்கள்

சர்வீசஸ் பட்டியலில் எக்ஸ்பாக்ஸ் லைவ் ஆத் மேனேஜர், எக்ஸ்பாக்ஸ் லைவ் கேம் சேவ், எக்ஸ்பாக்ஸ் லைவ் நெட்வொர்க்கிங், எக்ஸ்பாக்ஸ் அக்சசரி மேனேஜ்மென்ட் என்ற நான்கும் இருக்கும். இவற்றை டிசேபிள் செய்தால் கணினி வேகமாகும் என்று பலர் எழுதுகிறார்கள். அவை இயல்பிலேயே மேனுவல் நிலையில் இருப்பவை. யாரும் அழைக்காதவரை ஓடுவதே இல்லை. அணைந்திருக்கும் விளக்கின் சுவிட்சைக் கழற்றி எடுப்பதால் மின்கட்டணம் குறையப் போவதில்லை. உண்மையில் இந்த வேலை முழுவதுமே வேகத்துக்காகச் செய்வதன்று; தவறுதலாகத் திறக்கும் பலகைகளும், அறியாமல் பதிவாகும் காணொளிகளும், விளம்பரம் காட்டும் விளையாட்டுகளும் வேலைக்கு இடையே வராமல் இருப்பதற்காகச் செய்வது.

எல்லாம் முடிந்ததும் கணினியை மறுதொடக்கம் செய்து, விண்டோஸ் விசையோடு ஜி அழுத்திப் பாருங்கள். பலகைகள் வரக் கூடாது. செயலி வேண்டும் என்று கேட்கும் சிறு செய்தி வந்தால், அதை மூடிவிடலாம். விளையாட்டைத் திறக்கும்போதெல்லாம் அது வந்து தொல்லை கொடுத்தால், விண்டோஸின் உள் அமைப்புகளை மாற்றும் ரிஜிஸ்ட்ரி எடிட்டரில் கரன்ட் யூசர் கிளையின் கீழ், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், விண்டோஸ், கரன்ட்வெர்ஷன், கேம்டிவிஆர் என்ற இடத்தில் ஆப்கேப்சர்எனேபிள்டு என்ற மதிப்பையும், அதே கிளையில் சிஸ்டம், கேம்கான்ஃபிக்ஸ்டோர் என்ற இடத்தில் கேம்டிவிஆர்_எனேபிள்டு என்ற மதிப்பையும் 0 ஆக்குங்கள், பெரும்பாலும் நின்றுவிடும். அப்போதும் நிற்கவில்லையென்றால், மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் கேம் பார் என்று தேடி அதைத் திரும்ப நிறுவி, செட்டிங்ஸில் மட்டும் அணைத்து வைப்பதே நல்லது.

விண்டோஸின் பெரிய வெளியீட்டு அப்டேட் நிறுவப்பட்ட பிறகு, நீக்கிய செயலிகளில் சில திரும்பி வந்திருக்கக்கூடும். சித்தப்பாவின் மேசை நாட்காட்டியில், அப்டேட் முடிந்த நாளுக்கு அடுத்த ஞாயிற்றுக்கிழமையை வட்டமிட்டு வைக்கச் சொல்லியிருக்கிறேன். அன்று பவர்ஷெல் திறந்து, அதே பட்டியலில் எக்ஸ்பாக்ஸ் என்று தேடிப் பார்த்துவிடுவேன்.