கற்பனை உலகுக்கு ஒரு மாயக் கனிமத்தை உருவாக்குவது எப்படி?

மாயக்கதை எழுதத் தொடங்குபவர்களில் பலர், ஒளிரும் நீலக்கல் ஒன்றைக் கதைக்குள் வைத்துவிட்டு, வேண்டிய இடத்திலெல்லாம் வேண்டியதை அது செய்துகொள்ளும் என்று விட்டுவிடுகிறார்கள். அத்தகைய கல் எந்த ஆபத்திலிருந்தும் காப்பாற்றிவிடும் என்பது வாசகருக்கு முன்பே தெரிந்துவிடுவதால், கதை தொய்ந்துபோகிறது. கல்லால் எது முடியாது என்பதை முதலில் தீர்மானிக்க வேண்டும் என்பதே என் உறுதியான கருத்து. அதற்கு எடுத்துக்காட்டாக, ‘கனல்விழுங்கி’ என்ற கனிமத்தை இங்கே படிப்படியாக உருவாக்குவோம்.

படி 1: உண்மைப் பண்பு ஒன்றைத் தேர்ந்தெடுங்கள்

நிலவொளியில் நீர் கசியும் சந்திரகாந்தக் கல்லும், வெயிலில் தீ உமிழும் சூரியகாந்தக் கல்லும் நம் இலக்கியத்துக்குப் பழக்கமானவை. இயற்கையிலும் வியப்புகளுக்குக் குறைவில்லை. டூர்மலின் கல்லைச் சூடாக்கினால் அது மின்னேற்றம் பெற்றுச் சாம்பல் துகள்களை ஈர்க்கும். குவார்ட்ஸ் என்ற படிகக் கல்லை அழுத்தினால் மின்னூட்டம் தோன்றும் என்பதைக் கியூரி சகோதரர்கள் 1880இல் காட்டினார்கள். கைகளைச் சூடாக்கும் பைகளில் உள்ள சோடியம் அசிட்டேட் உப்பு சுமார் 58 டிகிரி செல்சியஸில் உருகி, ஆறிய பிறகும் திரவமாகவே இருந்து, சிறு தூண்டுதல் கிடைத்ததும் உறைந்து வெப்பத்தை வெளிவிடுகிறது. நம் கனல்விழுங்கி இந்த உப்பிலிருந்தே பிறக்கிறது.

படி 2: ஆற்றலை ஒரே வாக்கியத்தில் எழுதுங்கள்

‘கனல்விழுங்கி சுற்றிலும் உள்ள வெப்பத்தை உள்வாங்கும், கீறினால், உள்வாங்கியதை மட்டுமே திருப்பித் தரும்.’ இதற்கு மேல் எதையும் சேர்க்காதீர்கள். இதே கல் நோயையும் தீர்க்கும் என்று எழுதத் தோன்றினால், அதற்கு வேறொரு கல்லைப் படைப்பதே முறை.

படி 3: விலையைத் தீர்மானியுங்கள்

ஓப்பல் கல் தன்னுள் இருக்கும் நீரை இழந்து உலரும்போது அதில் விரிசல் விழுவதுண்டு. அதுபோல, வெப்பத்தை வெளிவிடும் ஒவ்வொரு முறையும் கனல்விழுங்கியில் மயிரிழை விரிசல் ஒன்று கூடட்டும். விரிசல் மிகுந்து கல் உடையும்போது, எஞ்சிய வெப்பம் முழுவதும் ஒரே நொடியில் வெளிப்படட்டும்.

படி 4: பிறப்பிடத்தை அமையுங்கள்

இந்தப் படிக்குத்தான் அதிக நேரம் ஒதுக்க வேண்டும். ஊர்களும் வணிகமும் பகையும் இதிலிருந்தே முளைக்கின்றன. கனல்விழுங்கி பனிமலைக் குகைகளில் மெல்ல வளர்கிறது என்று கொள்வோம். அது வெப்பத்தை இடைவிடாமல் உறிஞ்சுவதால், நடுக்கோடையிலும் கனிமம் ஓடும் தடத்தில் மட்டும் சுரங்கச் சுவரில் வெண்பனி படிந்திருக்கும். அதன் அருகே கொண்டுபோன விளக்கின் சுடர் பாறைப்பக்கம் சாய்ந்து சுருங்கும். உளி பிடித்த விரல்கள் மரத்துப்போகும். வெட்டியெடுத்த கல்லை நிரப்பவோ பெருநெருப்பு வேண்டும், அது தொலைவில் உள்ள எரிமலை நாட்டாரிடம் இருக்கிறது. கல் ஒருவரிடமும் கனல் இன்னொருவரிடமும் இருப்பதால், இரு நாடுகளும் ஒன்றையொன்று வெறுத்தாலும் பிரிந்து வாழ முடியாது.

படி 5: கையில் எடுத்தால் எப்படி இருக்கும்?

1812இல் ஃப்ரீட்ரிக் மோஸ் வகுத்த, 1 முதல் 10 வரையிலான கடினத்தன்மை அளவுகோலில், அதிக எண் கொண்ட பொருள் குறைந்த எண் கொண்டதைக் கீறும்; அதில் கனல்விழுங்கிக்கு 4 என்ற இடத்தைக் கொடுப்போம். நகத்தின் கடினம் ஏறத்தாழ 2.5 என்பதால், நகம் பட்டால் ஒன்றும் ஆகாது. எஃகுக் கத்தி கீறிவிடும். மணலில் நிறைந்துள்ள குவார்ட்சின் கடினம் 7. ஆகவே பையில் ஒரு மணல்துகள் கிடந்தாலும் ஆபத்துதான். இக்கல்லைச் சுமக்கும் வணிகர்கள் துணியை மும்முறை உதறிச் சுற்றுவார்கள், புழுதிக்காற்று வீசினால் பயணத்தை நிறுத்திவிடுவார்கள். ஓர் எண்ணைத் தீர்மானித்ததும் ஒரு தொழிலின் பழக்கங்களே கிடைத்துவிடுவதைக் கவனியுங்கள்.

படி 6: பயன்களை மனிதர்களிடமிருந்து தொடங்குங்கள்

நிரம்பிய கல் கொல்லனுக்கு உலை, கணவாய் கடப்பவருக்குக் கணப்பு, படைத்தலைவனுக்கு வெடிபொருள். வெறுங்கல் மீனவருக்கு மீனைக் கெடாமல் காக்கும்; மருத்துவச்சிக்குக் காய்ச்சலின் சூட்டைத் தணிக்கும். விரிசல் மிகுந்து விலை குறைந்த கற்களையே ஏழைகள் வாங்குவார்கள் என்பதால், விபத்துகளும் அவர்கள் வீடுகளிலேயே நிகழும்.

படி 7: சோதித்துப் பாருங்கள்

கல் கைவிடும் காட்சி ஒன்றை ஒரு பக்கத்தில் எழுதுங்கள். பனிப்புயலில் சிக்கிய பயணியிடம், இன்னும் ஒருமுறை கீறினால் உடைந்துவிடும் கல் மட்டுமே இருக்கட்டும். புதிய விதி எதையும் புகுத்தாமல் அவர் பிழைக்கவோ மடியவோ உங்களால் எழுத முடிந்தால், கனிமம் கதைக்குத் தயார். முடியாவிட்டால், மூன்றாம் படிக்குத் திரும்பி விரிசலின் விதியைத் திருத்துங்கள்.