புளியந்தீவை நடந்து பார்க்க வருவோர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மாமாங்கத் திருவிழாக் காலத்திலும் ஆகஸ்ட் விடுமுறையிலும் மட்டக்களப்புக்கு வரும் குடும்பங்கள் பல, ஒரு வழிகாட்டியைப் பிடித்து, வாவிக்கு நடுவில் உள்ள பழைய நகரான புளியந்தீவை நடந்து பார்க்க ஆசைப்படுகின்றன. நல்ல ஆசை. ஆனால் ஒவ்வொரு வருடமும் புதிதாக வருபவர்கள், முன்பு வந்தவர்கள் விட்ட அதே பிழைகளை அச்சுப் பிசகாமல் விடுகிறார்கள். தொப்பி, தண்ணீர்ப் போத்தல், போனில் சார்ஜ் பற்றி இங்கே சொல்லப் போவதில்லை. அவை எல்லோருக்கும் தெரிந்தவை. தெரிந்தவர்கள்கூட விடும் தவறுகளே இங்கே பேச்சு.

பத்து மணிக்குத் தொடங்குவது

காலைச் சாப்பாட்டை முடித்து, ஆறுதலாக வெளிக்கிட்டு, பத்து மணிக்குத் தீவுக்குள் போகும் பாலத்தடியில் வந்து நிற்பார்கள். வைகாசி தொடக்கம் ஆவணி வரை அந்த நேரத்து நடை உடம்புக்கு ஆகாது. இந்த மாதங்களில் மேற்கிலிருந்து வீசும் கச்சான், மலைநாட்டின் அந்தப் பக்கத்திலேயே ஈரத்தை மழையாகக் கொட்டிவிட்டு, இறங்கி வரும்போது சூடேறிக் காய்ந்த காற்றாக நம் பக்கம் வந்து சேரும். வியர்வை உடனுக்குடன் உலர்ந்துவிடுவதால் எவ்வளவு தண்ணீர் போயிற்று என்பது தெரியாது. தலையிடி வந்த பிறகுதான் விளங்கும்.

காலை 6.15க்குத் தொடங்குங்கள். பாலமும் வாவிக்கரையும் 7 மணிக்குள் முடிந்துவிடும். 7 மணியிலிருந்து 7.30 வரை பாடசாலைக்குப் போகும் பிள்ளைகளாலும் அவர்களை ஏற்றி வரும் மோட்டார் சைக்கிள்களாலும் வீதிகள் நிறைந்திருக்கும். பாடசாலை நாளானால் அந்த அரை மணித்தியாலம் ஒரு தேத்தண்ணிக் கடைக்குள் இருந்துவிடுங்கள். அதன் பிறகு தேவாலயங்கள், கோயில்கள், ஒழுங்கைகள். கோட்டையின் உட்பக்கத்தைக் கடைசிக்கு வையுங்கள். உள்ளே எத்தனை மணிக்கு விடுவார்கள் என்பதை வழிகாட்டி முதல் நாளே விசாரித்து வைத்திருக்க வேண்டும். மாலை நடை என்றால் 3.45க்குத் தொடங்குங்கள். ஆறு மணியை ஒட்டிச் சூரியன் விழுந்துவிடும், அதற்குப் பிறகு சுவரில் ஒன்றும் தெரியாது.

வானை விட்டு இறங்காத நடை

இதைத்தான் நீட்டிச் சொல்ல வேண்டியிருக்கிறது. எத்தனை முறை பார்த்தாலும் மனம் பொறுக்காத தவறு இது.

பேசி எடுக்கும்போது நடைச் சுற்றுலா என்றுதான் பேசுவார்கள். வழிகாட்டி வந்து நிற்பார். அந்த நேரம் பார்த்து, பெரியம்மாவுக்கு முழங்கால் நோ, சின்னவனுக்கு வெயில் ஒத்துக்கொள்ளாது, "வான் சும்மாதானே நிக்குது, அதிலயே போவமே" என்று யாராவது தொடங்குவார்கள். வழிகாட்டிக்கும் வந்தவர்களோடு முரண்பட விருப்பமிருக்காது. "சரி அண்ணன், உங்கட விருப்பம்" என்று முன் சீற்றில் ஏறிவிடுவார். முன் சீற்றிலிருந்து அவர் சொல்வது பின்னால் இருப்பவர்களுக்குக் கேட்காது. நடை அந்த இடத்திலேயே முடிந்து போகிறது.

கணக்கைப் பாருங்கள். புளியந்தீவு சின்னத் தீவு. ஓர் இடத்திலிருந்து அடுத்த இடத்துக்கு நடை ஐந்து நிமிடம், கூடினால் பத்து. பன்னிரண்டு பேர் வானில் ஏறிக் கதவைச் சாத்த நான்கு நிமிடம் போகும். இறங்கி, செருப்பைத் தேடி, எல்லோரும் ஒன்றுசேர இன்னும் மூன்று நிமிடம். பார்க்கும் இடம் ஆறு என்றால் ஏறி இறங்குவதிலேயே நாற்பது நிமிடம் கரைகிறது. வான் ஓடுவதோ ஒவ்வொரு தடவையும் இரண்டு நிமிடம். அதன்பின் நிறுத்த இடம் தேட வேண்டும். இடம் கிடைக்காமல் சாரதி ஹோர்ன் அடிக்கத் தொடங்கினால், வழிகாட்டி சொல்ல வந்ததைப் பாதியில் விட்டுவிடுவார். வானுக்குள் குளிர், இறங்கினால் வெயில், திரும்பவும் குளிர் என்று மாறி மாறிப் போவதில் வயதானவர்கள்தான் முதலில் சோர்ந்து விழுகிறார்கள். அவர்களுக்காகத்தான் வானில் ஏறினார்கள் என்பதை நினைத்தால் இன்னும் கவலை.

நேரம் போவதைவிடப் பெரிய நட்டம் ஒன்று இருக்கிறது. இந்த நகரம் ஏன் இந்த இடத்தில் இருக்கிறது என்பதே விளங்காமல் போய்விடுகிறது. புளியந்தீவைச் சுற்றிலும் வாவி. 1602இல் ஒல்லாந்தக் கப்பல் தலைவர் ஸ்பில்பேர்கன் மட்டக்களப்பில் இறங்கியது கண்டி அரசன் விமலதர்மசூரியனைக் காணப் போவதற்காக. மலைக்குள் இருந்த அரசுக்குக் கிழக்குக் கடலில் திறந்திருந்த வாசல்களில் இது ஒன்று. அந்த வாசலை அடைப்பதற்காகவே போர்த்துக்கேயர் 1628இல் இங்கே கோட்டை எழுப்பினார்கள். கோட்டையின் இரண்டு பக்கம் வாவி, மற்ற இரண்டு பக்கம் வெட்டிய அகழி. வானுக்குள் இருந்தபடி பாலத்தை அரை நிமிடத்தில் கடந்து கோட்டை வாசலில் இறங்குபவருக்குத் தண்ணீரே கண்ணில் படுவதில்லை. "பழைய சுவர், ஒரு பீரங்கி, அவ்வளவுதான்" என்று சொல்லிவிட்டு ஏறிவிடுகிறார். அவ்வளவு தூரம் வந்ததற்கு அது மட்டும்தானா?

செய்ய வேண்டியது இதுதான். வானைக் கோட்டைமுனைப் பக்கத்தில், பாலம் ஏறுமுன்பே நிறுத்தி எல்லோரும் இறங்குங்கள். நடை முடியும் இடத்தையும் நேரத்தையும் சாரதியிடம் சொல்லி, கோல் எடுத்தால் மட்டும் வரச் சொல்லி அனுப்பிவிடுங்கள். அவர் பின்னால் ஊர்ந்து வந்தால், பத்தாவது நிமிடத்தில் யாராவது ஏறிவிடுவார்கள். பாலத்தின் நடுவில் ஓரமாக நின்று இரண்டு பக்கத்துத் தண்ணீரையும் பாருங்கள். போனில் வரைபடத்தைத் திறந்து தீவின் உருவத்தைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். காந்தி பூங்காவில் உள்ள மட்டக்களப்பு வாயிலைப் படம் எடுப்பதோடு விட்டுவிடாதீர்கள். பாலங்கள் இல்லாத காலத்தில் வள்ளத்தில் வந்தவர்கள் கால் வைத்த துறை அது. அங்கே நின்று தண்ணீர்ப் பக்கம் திரும்பிப் பார்த்தால்தான் இது எப்படிப்பட்ட ஊர் என்பது தெரியும்.

கோட்டைக்குள் நுழையுமுன் வெளிச்சுவரோடு போகக்கூடிய அளவுக்குப் போங்கள். மூலையில் உள்ள கொத்தளம் சுவர் வரிசையைவிட வெளியே தள்ளிக்கொண்டு நிற்கும். அந்த மூலையோடு நின்று சுவரின் அடிவாரத்தை நீளப் பாருங்கள். ஒருவன் பதுங்க ஓர் இடம் கிடையாது. சுவரடிக்கு வந்து ஏணி சாத்துபவனைச் சுட, மேலே நிற்பவன் தலையை வெளியே நீட்டித் தன்னைக் காட்டிக்கொள்ள வேண்டியதில்லை. பக்கத்துக் கொத்தளத்தில் நிற்பவனே சுவரின் நீளத்துக்குச் சுட்டுவிடுவான். நான்கு மூலைக்கும் நான்கு கொத்தளம் வைத்தது அதற்காகத்தான். இதை ஒரு பத்து வயதுப் பிள்ளை தானாகக் கண்டுபிடிக்கும்படி வழிகாட்டி நேரம் கொடுக்க வேண்டும். விடையை முதலே சொல்லிவிட வேண்டாம்.

முழங்கால் நோ உள்ளவருக்கு என்ன வழி? ஓர் ஓட்டோவை முழு நேரத்துக்கும் பேசி வையுங்கள். அவரை மட்டும் அடுத்த இடத்தில் முன்கூட்டியே இறக்கி நிழலில் இருத்திவிட்டால், மற்றவர்கள் நடந்து வந்து சேரும்போது அவர் இளைப்பாறித் தயாராக இருப்பார். ஒருவரின் முழங்காலுக்காகப் பதினொரு பேரை வானில் ஏற்ற வேண்டியதில்லை.

எல்லாவற்றையும் ஒல்லாந்தர் கணக்கில் எழுதுவது

கோட்டையை ஒல்லாந்தர் கட்டினார்கள் என்று கொப்பியில் எழுதிக்கொண்டு போகும் பிள்ளைகள் ஏராளம். முதலில் எழுப்பியவர்கள் போர்த்துக்கேயர். 1638 மே மாதத்தில், கண்டி அரசன் இரண்டாம் இராஜசிங்கனோடு கூட்டுச் சேர்ந்து வந்த ஒல்லாந்தக் கடற்படைத் தளபதி வெஸ்டர்வோல்ட் அதைப் பிடித்தார். இலங்கையில் ஒல்லாந்தர் போர்த்துக்கேயரிடமிருந்து பறித்த முதல் கோட்டை இது. 1795இல் ஆங்கிலேயர் வந்தார்கள். பிற்காலத்தில் மாவட்டக் கச்சேரி, அதாவது அரச செயலகம், நெடுங்காலம் இதற்குள்ளேயே இயங்கியது. காணி அலுவலுக்கும் பென்சன் அலுவலுக்கும் இங்கே வந்து காத்திருந்த பெரியவர்கள் ஊரில் இருக்கிறார்கள். அவர்களிடம் கேட்டால் கோட்டையின் அந்தக் காலத்தையும் அறியலாம்.

போர்த்துக்கேயர் கோட்டையை இழந்து நானூறு வருடத்தை நெருங்குகிறது. அவர்கள் வழிவந்த கிரியோல் மொழி மட்டக்களப்புப் பறங்கியர் சிலருடைய வீடுகளில் இன்னும் பேசப்படுகிறது. இதைச் சொல்லாமல் போகும் வழிகாட்டி பாதியைத்தான் சொல்கிறார்.

ஒரு தாளில் ஆண்டுகளை எழுதிக் கையில் வைத்துக்கொள்வது பெரிய உதவி. 1628, 1638, 1795 கோட்டைக்கு. 1814 மெதடிஸ்த மிஷனரி வில்லியம் ஓல்ட் வந்த ஆண்டு. அவர் ஒரு வருடம் முடியுமுன்பே, 1815 ஏப்ரலில் இங்கேயே இறந்துவிட்டார். அவர் தொடங்கிய பள்ளியின் வழியில் வந்ததுதான் மெதடிஸ்த மத்திய கல்லூரி. 1820 வின்சன்ட் மகளிர் பாடசாலை, 1873 புனித மிக்கேல் கல்லூரி. வழியில் காணும் ஒவ்வொரு கட்டடத்தையும் இந்த வரிசையில் எங்கே வைப்பது என்று கேட்டுக்கொண்டே நடந்தால் மனதில் நிற்கும்.

இன்னொன்று. கோட்டைக்கு அடியால் சுரங்கப் பாதை போகிறது என்ற மாதிரிக் கதை வந்தால், "இது எப்படித் தெரியும், அண்ணன்?" என்று பணிவாகக் கேளுங்கள். கொஞ்சம் தோண்டினாலே தண்ணீர் ஊறும் தீவு இது. நல்ல வழிகாட்டி "ஊரில் சொல்லுவார்கள்" என்று பிரித்துச் சொல்லுவார், கோபிக்க மாட்டார்.

கூலியைக் கடைசியில் பேசுவது

முதல் நாளே பேசுங்கள். எத்தனை மணித்தியாலம், எங்கே தொடங்கி எங்கே முடிவது, எந்த மொழியில், தலைக்கு இவ்வளவா அல்லது முழுக் குழுவுக்கும் இவ்வளவா, நேரம் கூடினால் என்ன கணக்கு, ஓட்டோக் காசு யாருடையது. இந்த ஆறையும் ஒரு வட்ஸ்அப் செய்தியாக அனுப்பி, சரி என்று பதில் வாங்கி வைத்தால் போதும். சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையில் பதிந்த வழிகாட்டியிடம் அடையாள அட்டை இருக்கும். அதைக் காட்டச் சொல்வது மரியாதைக் குறைவல்ல. நாடு முழுக்க வேலை செய்யும் தேசிய வழிகாட்டியைவிட, இந்தப் பகுதிக்கென அனுமதி பெற்ற ஊர்க்காரரே புளியந்தீவின் ஒழுங்கைகளுக்குப் பொருத்தம் என்பது எங்கள் எண்ணம்.

இருபது பேருக்கு ஒரு வழிகாட்டி

பத்துப் பேருக்கு மேல் வேண்டாம். அதற்கு மேல் என்றால் இரண்டு வழிகாட்டி, பதினைந்து நிமிட இடைவெளி.

வழிபாட்டுத் தலங்களைக் காட்சிப் பொருளாக நினைப்பது

ஒரே நடையில் புனித மரியாள் பேராலயத்துக்கும் ஆனைப்பந்திப் பிள்ளையாரிடமும் போகலாம். தோளையும் முழங்காலையும் மூடும் உடுப்பு எல்லா இடத்துக்கும் பொருந்தும். கோயிலுக்குள் ஆண்கள் மேற்சட்டையைக் கழற்ற வேண்டியிருந்தால், உள்ளே போக மனமில்லாதவர் வீதியிலேயே நின்றுகொள்ளட்டும், வாசலில் நின்று வாக்குவாதப்பட வேண்டாம். கயிறு கட்டும் சப்பாத்து இந்த நடைக்கு உதவாது, கழற்றி மாட்டுவதிலேயே பூசை முடிந்துவிடும். பின்பட்டி உள்ள செருப்பு நல்லது. ஞாயிறு காலைப் பூசை நேரத்திலும் வெள்ளி மதியத் தொழுகை நேரத்திலும் சுற்றிப் பார்க்கப் போகாதீர்கள்.

சீயோன் தேவாலயத்தைப் பற்றித் தனியே சொல்ல வேண்டும். 2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறன்று அங்கே குண்டு வெடித்தது. இறந்தவர்களில் பிள்ளைகள் பலர். அவர்களின் பெற்றோர் இதே வீதிகளில்தான் இன்றும் நடக்கிறார்கள். அந்த இடத்தைப் பின்னால் வைத்துப் படம் எடுக்காதீர்கள். வழிகாட்டியிடம் நடந்ததை விலாவாரியாகச் சொல்லச் சொல்லிக் கேட்காதீர்கள்.

பகலில் பாடும் மீன் கேட்பது

கேட்காது. வாவித் தண்ணீருக்குள்ளிருந்து எழும் அந்த ஓசையைக் கேட்கக் கல்லடிப் பாலமும் நிலவு இரவும் அமைதியான தண்ணீரும் வேண்டும்.

அனுமதி இல்லாமல் ட்ரோன்

கூடாது. சிவில் விமானப் போக்குவரத்து அதிகார சபையின் அனுமதி வேண்டும்.

ஒரே நாளில் எல்லாவற்றையும் முடிக்க நினைப்பது

புளியந்தீவு முடிந்ததும் அப்படியே கல்லடி, பாலமீன்மடு வெளிச்சவீடு, காத்தான்குடி என்று நீட்டுவார்கள். கடைசி இரண்டு இடங்களில் யாருக்கும் வாயைத் திறக்கவே தெம்பு இருக்காது. கல்லடியைத் தனி மாலையாக வையுங்கள். பழைய இரும்புப் பாலத்தில் நடந்து, கல்லடி உப்போடையில் சுவாமி விபுலானந்தரின் சமாதியையும் சிவானந்த வித்தியாலயத்தையும் பார்ப்பதற்கே ஒரு மாலை வேண்டும். 1913இல் கட்டிய வெளிச்சவீடு 28 மீற்றர் உயரம். அதற்கு நடந்து போக வேண்டியதில்லை, ஓட்டோவே சரி, வெயில் சாயும் நேரம் நல்லது.

மாரியில் கோடைத் திட்டத்தோடு வருவது

கார்த்திகை, மார்கழி, தையில் இங்கே வாடைக்காற்று மழை. குடை வாவிக்கரைக் காற்றில் மடங்கிவிடும், மழைக்கோட்டு கொண்டு வாருங்கள். ஒழுங்கைகளில் கணுக்கால் அளவு தண்ணீர் நிற்கும் நாட்களும் உண்டு, அன்றைக்கு வீதியோடு போகும் பாதையை மட்டும் வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். வெயில் இல்லாததால் இந்த மாதங்களில் ஒன்பது மணிக்கும் தொடங்கலாம். மழை விட்டுவிட்டுத்தான் பெய்யும் என்பதால், பேசிய நேரத்துக்கு மேல் ஒரு மணித்தியாலத்தை வழிகாட்டியிடம் முன்பே கேட்டு ஒதுக்கி வைத்துக்கொள்ளுங்கள். அந்த மணித்தியாலத்துக்கான காசையும் முதலே பேசிவிடுங்கள்.