மானிடவியல் அறிஞர்களும் கோட்பாடுகளும்: குமரி மாவட்டத்தில் இருந்தபடியே படிக்கத் தொடங்குவது எப்படி?

நாகர்கோவில் பக்கம் கல்லூரிகளில் தமிழோ வரலாறோ சமூகவியலோ படிக்கிற பிள்ளைகள் அடிக்கடி ஒரே கேள்வியோடு வருகிறார்கள். ஆய்வேட்டுக்கு ஒரு மானிடவியல் கோட்பாடு வேண்டும் என்று வழிகாட்டி சொல்லியிருப்பார். இணையத்தில் தேடினால் பரிணாமவாதம், செயல்பாட்டியம், அமைப்பியல், குறியீட்டு மானிடவியல் என்று பெயர்கள் வரிசைகட்டி நிற்கும். எதை எடுத்தாலும் இரண்டு பத்திக்கு மேல் உள்ளே போக முடியாது. கடைசியில் ஏதோ ஒரு பெயரை முன்னுரையில் சேர்த்துவிட்டு, அப்புறம் ஆய்வேடு முழுக்க அதை மறந்துவிடுவார்கள்.

கோட்பாடுகளைப் பட்டியலாகப் படித்தால் மனதில் தங்காது. ஒவ்வொரு கோட்பாடும் தனக்கு முன்னால் பேசிய ஒருவருக்குச் சொன்ன மறுமொழி. யார் யாரை மறுத்தார், எந்த ஊரில் எதைப் பார்த்துவிட்டு மறுத்தார் என்பது தெரிந்தால் மற்றதெல்லாம் தானே புரியும். கலைக்களஞ்சியம், கையேடு, அறிமுக நூல் எல்லாவற்றையும் இந்த ஒரு தகவலைத் தேடித்தான் திறக்க வேண்டும்.

தேவையானவை அதிகம் இல்லை. ஒரு நோட்டு அல்லது ஒரு கட்டுக் குறிப்பட்டை, இணைய வசதியுள்ள கைபேசி, நாகர்கோவில் மாவட்ட மைய நூலகத்தில் ஓர் உறுப்பினர் அட்டை. இவை போதும்.

படி 1: கேள்வியை ஊரிலிருந்து எடுங்கள்

‘செயல்பாட்டியம் என்றால் என்ன?’ என்று தொடங்காதீர்கள். உங்கள் கண்ணில் படுகிற ஒன்றைக் கேள்வியாக்குங்கள். நான் இங்கே கடற்கரையை எடுத்துக்கொள்கிறேன்.

ஆரோக்கியபுரத்திலிருந்து நீரோடி வரை நம் மாவட்டத்தின் கரை முழுக்க மீனவ ஊர்கள். கரையில் நின்றே கரைமடி வலை இழுப்பவர்கள் இருக்கிறார்கள். தூத்தூர் பக்கத்து ஊர்களிலிருந்து விசைப்படகில் போய் ஆழ்கடலில் நாள்கணக்காகத் தங்கி வருகிறவர்களும் இருக்கிறார்கள். கரையோரம் குருசடிகள் (சிலுவை நிறுத்திய சிறு வழிபாட்டிடங்கள்) இருக்கின்றன; படகு ஆசீர்வாதம், நேர்ச்சை எல்லாம் நடக்கின்றன. இப்போது கேள்வி: ஆபத்து கூடுகிற தொழிலில் வேண்டுதலும் சடங்கும் கூடுமா?

சரி, இதை நோட்டின் முதல் பக்கத்தில் எழுதிவிட்டு அடுத்த படிக்குப் போங்கள்.

படி 2: முதலில் தமிழில், அப்புறம் இரண்டு இணையதளங்கள்

தமிழில் தொடங்க பக்தவத்சல பாரதியின் ‘பண்பாட்டு மானிடவியல்’, ‘மானிடவியல் கோட்பாடுகள்’ ஆகிய இரண்டும் இருக்கின்றன. முதல் நூல் துறையின் அடிப்படையைச் சொல்லும். இரண்டாவது கோட்பாடுகளை விரிவாகப் பேசும். அட்டையிலிருந்து அட்டை வரை படிக்க வேண்டாம். பொருளடக்கத்தைப் பார்த்து, சடங்கு, சமயம், மந்திரம் பற்றிய பகுதிகளை மட்டும் படியுங்கள். எந்தெந்த அறிஞர்களின் பெயர் திரும்பத் திரும்ப வருகிறதோ அவற்றைக் குறித்துக்கொள்ளுங்கள். நமது கேள்விக்கு ஃபிரேசர், மாலினோவ்ஸ்கி, ராட்கிளிஃப்-பிரவுன் ஆகிய மூவரும் கட்டாயம் அகப்படுவார்கள்.

அடுத்து, அமெரிக்காவின் அலபாமா பல்கலைக்கழக மாணவர்கள் மாணவர்களுக்காகவே எழுதிய மானிடவியல் கோட்பாட்டுக் கையேடு இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. கோட்பாடு ஒவ்வொன்றுக்கும் அடிப்படைக் கருத்து, எதை எதிர்த்து எழுந்தது, முக்கிய அறிஞர்கள், முக்கிய நூல்கள், சாதனை, குறை என்று ஒரே ஒழுங்கில் எழுதியிருக்கிறார்கள். ‘எதை எதிர்த்து எழுந்தது’ என்ற பகுதியை முதலில் படியுங்கள். மாணவர்கள் எழுதியது என்பதால் ஆழம் எல்லா இடத்திலும் ஒன்றுபோல் இருக்காது. நுழைவாயிலாக மட்டும் பயன்படுத்துங்கள். ஆய்வேட்டில் மேற்கோள் காட்ட வேண்டாம்.

மேற்கோளுக்கு உரியது ‘ஓப்பன் என்சைக்ளோபீடியா ஆஃப் ஆந்த்ரபாலஜி’ என்ற திறந்த கலைக்களஞ்சியம். துறை அறிஞர்கள் எழுதிய கட்டுரைகள், காசு கட்டத் தேவையில்லை. மந்திரம், கொடை, உறவுமுறை என்று தலைப்பு வாரியாகத் தேடலாம். ஆங்கிலம் தடையாக இருந்தால் கட்டுரையின் முதல் பத்தியையும் கடைசிப் பகுதியையும் மட்டும் அகராதியோடு உட்கார்ந்து படியுங்கள். கைபேசியின் மொழிபெயர்ப்புச் செயலியை நம்பி முழுக் கட்டுரையையும் தமிழாக்கிப் படிப்பதை நான் பரிந்துரைக்க மாட்டேன். கலைச்சொற்கள் குழம்பிப்போகும்.

படி 3: ஆளுக்கு ஓர் அட்டை

இந்தப் படிக்கு நேரம் கொடுங்கள். அட்டையில் ஐந்து விவரம் போதும்: பெயர் (ஆங்கில எழுத்துக்கூட்டலும் சேர்த்து, தேடும்போது உதவும்), களப்பணி செய்த இடமும் காலமும், சொன்ன கருத்து, யாருக்கு மறுமொழி, அவருக்கு மறுமொழி சொன்னவர் யார். நமது கேள்விக்கான முதல் அட்டையை முழுதாகவே எழுதிக் காட்டுகிறேன்.

பெயர்: பிரானிஸ்லா மாலினோவ்ஸ்கி, பிறப்பு 1884, போலந்தின் கிராக்கோவ் நகரம்.

களம்: முதல் உலகப் போர்க் காலத்தில் ட்ரோப்ரியாண்ட் தீவுகள், இன்று பப்புவா நியூகினி நாட்டில் இருக்கின்றன.

கருத்து: அந்தத் தீவில் உள்கழி (கரையை ஒட்டிய அமைதியான நீர்ப்பரப்பு) மீன்பிடிப்பில் அறிவையும் திறமையையும் மட்டுமே நம்பினார்கள், அங்கே மந்திரம் இல்லை. ஆபத்தும் நிச்சயமின்மையும் நிறைந்த திறந்த கடல் மீன்பிடிப்புக்கோ விரிவான மந்திரச் சடங்குகள் இருந்தன. அறிவு கைகொடுக்காத இடத்தில் எழும் பதற்றத்தை மந்திரம் தணிக்கிறது என்றார். 1925-இல் வெளிவந்த கட்டுரை.

யாருக்கு மறுமொழி: மனிதகுலம் மந்திரத்திலிருந்து சமயத்துக்கும், சமயத்திலிருந்து அறிவியலுக்கும் படிப்படியாக ஏறியது என்ற ஃபிரேசரின் பார்வைக்கு. ஒரே ஆளிடம் ஒரே நாளில் தொழிலறிவும் மந்திரமும் சேர்ந்தே இருப்பதை மாலினோவ்ஸ்கி காட்டினார்.

மறுத்தவர்: ராட்கிளிஃப்-பிரவுன், 1939.

இந்தக் கடைசி வரி உங்களை இரண்டாவது அட்டைக்குக் கொண்டுபோகும். அந்தமான் தீவில் களப்பணி செய்த ராட்கிளிஃப்-பிரவுன் கேள்வியையே திருப்பிப்போட்டார். அங்கே குழந்தை பிறக்கப்போகும் பெற்றோர் சில உணவுகளைத் தவிர்ப்பார்கள். அந்த விலக்கு என்ற ஒன்று இருப்பதால்தானே அதை மீறிவிடுவோமோ என்ற பயம் வருகிறது? பதற்றத்தைச் சடங்கு தணிக்கிறது என்பதைவிட, சடங்கே பதற்றத்தை உண்டாக்குகிறது என்று ஏன் சொல்லக் கூடாது என்றார். சமூகம் எதை முக்கியம் என்று நினைக்கிறதோ அதைத் தனிமனிதர் மனதில் பதியவைப்பதுதான் சடங்கின் வேலை என்பது அவர் கட்சி. பிறகு 1941-இல் ஜார்ஜ் ஹோமன்ஸ் என்ற சமூகவியலாளர் இருவரையும் சேர்த்து வைத்து ஒரு கட்டுரை எழுதினார். தொழிலின் ஆபத்து முதலில் ஒரு பதற்றத்தைத் தருகிறது, அதற்குச் சடங்கு வருகிறது. சடங்கைச் சரியாகச் செய்தோமா என்ற இரண்டாவது பதற்றம் அதிலிருந்து பிறக்கிறது. இருவரும் வேறு வேறு கட்டத்தைப் பேசியிருக்கிறார்கள் என்று காட்டினார்.

மூன்று அட்டை, பதினாறு வருடத்து விவாதம். இதைக் கையில் வைத்துக்கொண்டு குளச்சலிலோ முட்டத்திலோ ஒரு பெரியவரிடம் பேசிப் பாருங்கள். கடலுக்குப் போகாத நாளில் நேர்ச்சையை மறந்துவிட்டால் மனசு எப்படி இருக்கும் என்று கேட்கத் தோன்றும். அந்தக் கேள்வி அட்டை இல்லாமல் உங்களுக்கு வந்திருக்காது. ஒன்று மட்டும் நினைவில் இருக்கட்டும்: 2017 ஒக்கிப் புயலில் ஆட்களைப் பறிகொடுத்த வீடுகள் இந்தக் கரையில் இருக்கின்றன. அவர்கள் பேச விரும்பாததைக் கிளறாதீர்கள்.

படி 4: இரண்டு ஆண்டுகளை எழுதுங்கள்

சின்ன விஷயம்தான், ஆனால் பலரும் இங்கே தடுமாறுகிறார்கள். பிரெஞ்சில் எழுதியவர்களின் நூல்கள் ஆங்கிலத்துக்கு வர ரொம்ப நாளாகியிருக்கிறது. கொடை பற்றி மார்செல் மௌஸ் எழுதியது 1925, ஆங்கிலத்தில் வந்தது 1954. வாழ்க்கை வட்டச் சடங்குகள் பற்றி வான் ஜெனெப் எழுதியது 1909, ஆங்கிலத்தில் 1960. பிந்தைய ஆண்டை மட்டும் குறித்தால் யார் யாருக்கு முன்னால் பேசினார் என்பதே தலைகீழாகிவிடும்.

படி 5: மூல நூலில் ஒரே ஓர் இயல்

கையேடு சொல்வதை நம்பி நிறுத்திவிடாதீர்கள். மாலினோவ்ஸ்கியின் 1922 நூலான ‘ஆர்கனாட்ஸ் ஆஃப் தி வெஸ்டர்ன் பசிஃபிக்’ இன்டர்நெட் ஆர்க்கைவ் தளத்தில் கிடைக்கிறது. முன்னுரையை மட்டும் படியுங்கள். களத்தில் எப்படித் தங்க வேண்டும், எதை எழுதிவைக்க வேண்டும் என்று அவர் சொல்வது ஒரு நூற்றாண்டு கழித்தும் பயன்படுகிறது. நூல் முழுவதையும் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

படி 6: பின்னால் வந்தவர்கள் என்ன சொன்னார்கள்?

நோக்கு நூலின் பதிப்பு ஆண்டை எப்போதும் பாருங்கள். மாலினோவ்ஸ்கியின் சொந்த நாட்குறிப்பு 1967-இல் வெளியாகி, அவர் அந்த மக்களைப் பற்றி மனதுக்குள் எவ்வளவு எரிச்சலோடு இருந்தார் என்று காட்டியது. அதற்கு முந்தைய புத்தகத்தில் இந்தச் சர்ச்சை இருக்காது. 1976-இல் அனெட் வைனர் அதே தீவுகளைப் பற்றி எழுதிய நூலில், பெண்கள் இறப்புச் சடங்கில் பரிமாறும் வாழையிலைக் கட்டுகளை மாலினோவ்ஸ்கி கவனிக்காமல் விட்டதைச் சுட்டிக்காட்டினார். ஆண்களின் கடற்பயணம் அவர் கண்ணுக்குப் பெரிதாகத் தெரிந்தது. பெண்களின் செல்வம் தெரியவில்லை.

நம் கரைக்கும் இப்படி ஒரு நூல் இருக்கிறது என்பது எனக்குப் பெரிய மகிழ்ச்சி. கல்பனா ராம் குமரி மாவட்டத்தில் முக்குவர் என்ற மீனவச் சமூகத்தின் பெண்களைப் பற்றி 1991-இல் வெளியிட்ட ‘முக்குவர் விமன்’ அது. கடன், சீட்டு, மீன் விற்பனை, சாமி வருதல் எல்லாவற்றையும் பெண்கள் பக்கமிருந்து பார்க்கிறார். அஜந்தா சுப்ரமணியனின் ‘ஷோர்லைன்ஸ்’ (2009) இதே மாவட்ட மீனவர்களின் உரிமைப் போராட்டங்களை வரலாற்றோடு சேர்த்துச் சொல்கிறது. உலகக் கோட்பாட்டை உள்ளூர் வாழ்க்கையோடு எப்படிப் பொருத்துவது என்று கற்றுக்கொள்ள இவற்றை விட நல்ல பாடம் எனக்குத் தெரியாது. கடற்கரை வேண்டாம், கோயில் கொடை விழா வேண்டும் என்கிறவர்களுக்கு ஸ்டூவர்ட் பிளாக்பர்ன் வில்லுப்பாட்டைப் பற்றி 1988-இல் எழுதிய நூலும், இந்த மண்ணின் நாட்டார் வழக்காறுகளைத் தமிழில் தொடர்ந்து எழுதிவரும் அ.கா. பெருமாளின் நூல்களும் இருக்கின்றன.

இவை கைக்குக் கிடைக்காவிட்டால் பாளையங்கோட்டை தூய சவேரியார் கல்லூரியின் நாட்டார் வழக்காற்றியல் துறை, திருவனந்தபுரத்தில் கேரளப் பல்கலைக்கழக நூலகம் இரண்டிலும் விசாரியுங்கள். வெளியாட்களை அனுமதிக்கும் விதத்தை முன்கூட்டியே கேட்டுக்கொண்டு, கல்லூரியிலிருந்து ஒரு கடிதத்தோடு போங்கள்.

படி 7: பழைய நூல்களை எச்சரிக்கையோடு

1956 நவம்பர் 1 வரை நாம் திருவிதாங்கூர்ப் பக்கம் இருந்ததால், சென்னை மாகாண நூல்களை மட்டும் தேடினால் பாதிதான் கிடைக்கும். நாகம் அய்யாவின் திருவிதாங்கூர் அரசு மானுவல் (1906), லண்டன் மிஷனைச் சேர்ந்த சாமுவேல் மட்டீர் 1883-இல் எழுதிய ‘நேட்டிவ் லைஃப் இன் திருவாங்கூர்’, மலையில் வாழும் காணிக்காரர்களைப் பற்றி அறிய எல்.ஏ. கிருஷ்ண அய்யரின் திருவிதாங்கூர்ப் பழங்குடிகள் பற்றிய தொகுதிகள் ஆகியவற்றையும் பாருங்கள். எட்கர் தர்ஸ்டனின் ஏழு தொகுதிகள் (1909) இணையத்தில் இலவசம்.

தர்ஸ்டன் மனிதர்களின் மூக்கையும் மண்டையையும் அளந்து சாதிகளை வகைப்படுத்தியவர். மட்டீர் சமயப் பணிக்காக வந்தவர். இவர்கள் ஒரு சாதியைப் பற்றி எழுதிய இழிவான வரியை அப்படியே உங்கள் ஆய்வேட்டில் உண்மையாக எடுத்துவைக்காதீர்கள். அந்த ஆள், அந்த ஆண்டு, அந்த நோக்கம் என்று மூன்றையும் சொல்லி, அன்றைக்கு இப்படிப் பார்த்தார்கள் என்பதற்குச் சான்றாக மட்டும் காட்டுங்கள்.

படி 8: அடுத்த சுற்று

ஒரு கேள்வியை முடித்தவர்களுக்கு இரண்டாவதாக உறவுமுறையைச் சொல்வேன். லூயிஸ் ஹென்றி மார்கன் 1871-இல் உலக உறவுமுறைப் பெயர்களைத் தொகுத்தபோது, தமிழரின் முறையையும் அமெரிக்காவின் செனகா-இரோகுவா மக்களின் முறையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டார். அப்பாவின் அண்ணன் தம்பியும் அப்பாவாகவே அழைக்கப்படுவது இரண்டிலும் இருந்தது. 1953-இல் லூயி துமோன், திராவிட உறவுமுறைப் பெயர்களின் சூட்சுமம் திருமண உறவில் இருக்கிறது என்று எழுதினார். மாமா என்பவர் அம்மாவின் உடன்பிறந்தவர் மட்டுமல்ல, அப்பாவுக்குத் திருமண உறவால் கட்டுப்பட்டவரும்கூட என்பது அவர் வாதம்.

இந்த இரு அட்டைகளோடு கவிமணியின் ‘நாஞ்சில் நாட்டு மருமக்கள் வழி மான்மியம்’ நூலை எடுங்கள். சொத்து மகனுக்குப் போகாமல் மருமகனுக்கு, அதாவது சகோதரியின் மகனுக்குப் போன வீடுகளின் கதை அது. வீட்டில் வயதான பாட்டி இருந்தால் ஒரு தாளில் மூன்று தலைமுறையை வரைந்து, யார் யாரை எப்படிக் கூப்பிடுவார்கள், நிலம் யாரிடமிருந்து யாருக்கு வந்தது என்று கேட்டு எழுதுங்கள். மார்கன் கேட்டது முதல் கேள்வி. இரண்டாவதை அவர் பாட்டியிடம் கேட்டிருக்க வாய்ப்பில்லை, அது நீங்கள் கேட்க வேண்டியது.