பஞ்சாயத்து பொது நிலத்தை தூக்கி குடுத்துட்டாங்களா? கோர்ட்டுக்கு போறதுக்கு முன்னாடி இதை பாருங்க

ஊர் களத்தையோ மேய்ச்சல் புறம்போக்கையோ தீர்மானம் போட்டு யாருக்கோ குடுத்துட்டாங்கன்னு தெரிஞ்ச உடனே எல்லாரும் தேடுறது வக்கீலைத்தான். வக்கீல் அப்புறம். அந்த இடம் ரெக்கார்டுல என்னன்னு இருக்குன்னு முதல்ல பாருங்க, கேஸே பெரும்பாலும் அந்த ஒரு வரிலதான் நிக்கும்.

சர்வே நம்பர் இருந்தா அ-பதிவேட்டை (ஒவ்வொரு சர்வே நம்பரும் என்ன வகை நிலம்னு சொல்ற வருவாய்த்துறை பதிவேடு) அரசு இ-சர்வீஸ் சைட்லயே எடுத்துடலாம். அதுல களம், மந்தைவெளி, வண்டிப்பாதை, மயானம், குளம்னு எது போட்டிருக்குன்னு பாருங்க. அதோட நிக்காம தாலுகா ஆபீஸ்ல யூடிஆருக்கு (அரசு நிலப் பதிவேடுகளை புதுப்பிச்ச திட்டம்) முந்தின பழைய பதிவேட்டு நகலும் கேளுங்க, ஏன்னா சில ஊர்ல யூடிஆர்லயே வகைப்பாடு மாறிப் போயிருக்கும், எதிர்தரப்பு அதைத்தான் பிடிச்சு தொங்குவாங்க. அந்த இடத்துல ஏதாவது பத்திரம் பதிவாகியிருக்கான்னு வில்லங்கமும் ஒண்ணு போட்டு பாத்துடுங்க.

1994 தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் பிரிவு 134-படி மேய்ச்சல் நிலம், களம், சுடுகாடு மாதிரி புறம்போக்கெல்லாம் பஞ்சாயத்து வசம் வரும், ஆனா அது ஜனங்க பயன்படுத்துறதை ஒழுங்குபடுத்தத்தான். பட்டா குடுக்குறது வருவாய்த்துறை வேலை, தலைவர் கையெழுத்துல அது நடக்காது. கிரயமே பண்ணிட்டாங்கன்னா பதிவுச் சட்டம் 22-ஏ இருக்கு, உள்ளாட்சி சொத்தை உரிய அனுமதி இல்லாம சார்பதிவாளர் பதியவே கூடாது.

அடுத்தது ஆர்டிஐ, அதாவது தகவல் அறியும் உரிமைச் சட்ட மனு. பத்து ரூபா, 30 நாள். "ஏன் குடுத்தீங்க"ன்னு கேக்காதீங்க, அதுக்கு பதில் வராது. தீர்மான நகல், கூட்ட அறிவிப்பு, வருகைப் பதிவு, கலெக்டர் அனுமதி ஏதும் இருந்தா அதோட நகல்னு பேப்பரா கேளுங்க. தீர்மானப் புத்தகத்தை நேர்ல பாக்கணும்னும் ஒரு வரி சேருங்க, அதுக்கும் உரிமை இருக்கு. நகல்ல தெரியாதது நேர்ல தெரியும்: கடைசி தீர்மானம் மட்டும் வேற மையில, கையெழுத்துக்கும் மேல் வரிக்கும் நடுவுல நெருக்கி எழுதின மாதிரி இருந்தா அங்கதான் விஷயம். அது மன்றத் தீர்மானமா (தலைவரும் உறுப்பினர்களும் மட்டும் போடுறது) கிராம சபை தீர்மானமான்னும் (ஊர் வாக்காளர் எல்லாரும் கூடிப் போடுறது) பாருங்க, ரெண்டும் ஒண்ணு இல்ல, கிராம சபையில வைக்கவே இல்லாம "ஊரே ஒத்துக்கிச்சு"ன்னு எழுதுறது நிறைய நடக்குது.

இந்த பேப்பரோட கலெக்டருக்கு மனு போடுங்க. அதே ஊராட்சிகள் சட்டம் பிரிவு 202-படி தீர்மானத்தை நிறுத்தி வைக்கவோ ரத்து பண்ணவோ அவருக்கு பவர் இருக்கு. டெலிவரி ஆனதுக்கான அத்தாட்சியோட ஸ்பீடு போஸ்ட்ல அனுப்புங்க, அந்த அத்தாட்சி இல்லாம ஹைகோர்ட் போனா "முதல்ல மனு குடுத்தீங்களா"ங்கிறதுலயே நிப்பீங்க.

அதுக்கப்புறமும் அசையலைன்னா ஹைகோர்ட்ல அரசியலமைப்பு 226-ல ரிட், அதாவது அதிகாரிக்கு உத்தரவு போடச் சொல்லி மனு. தென் மாவட்டம்னா மதுரை கிளை. பல நேரம் "மனுவை இத்தனை வாரத்துல முடிவு பண்ணு"ன்னு உத்தரவு போட்டு முடிச்சுடுவாங்க, அது தோல்வி இல்ல, கலெக்டர் சும்மா இருக்க முடியாது. ஜக்பால் சிங் கேஸ்ல (2011) சுப்ரீம் கோர்ட் கிராமப் பொது நில ஆக்கிரமிப்பை அகத்த எல்லா மாநிலமும் திட்டம் போடணும்னு சொன்னதை கட்டாயம் மேற்கோள் காட்டச் சொல்லுங்க.

சிவில் கோர்ட்டுன்னா தனி ஆளா போகாதீங்க, "உனக்கு தனியா என்ன நஷ்டம்"னு மடக்குவாங்க. சிவில் நடைமுறைச் சட்டத்துல (சிபிசி) ஊர் சார்பா எல்லாருக்குமா வழக்கு போட ஆர்டர் 1 ரூல் 8, இல்ல ரெண்டு பேரோ அதுக்கு மேலயோ சேந்து கோர்ட் அனுமதியோட பொதுப் பாதிப்புக்காக பிரிவு 91. அரசை சேக்கணும்னா அதே சட்டத்துல பிரிவு 80 நோட்டீஸ் குடுத்து ரெண்டு மாசம் காக்கணும், அவசரம்னா விலக்கு கேக்கலாம்.

அஸ்திவாரம் தோண்டுறதுக்குள்ள இடைக்கால தடை கேட்டுடுங்க, கட்டடம் எழும்பிட்டா ரொம்ப கஷ்டம். நிலத்தை வாங்கினவரையும் எதிர்மனுதாரரா சேத்துடுங்க, விட்டா "என்னை கேக்காம உத்தரவு போட்டாங்க"ன்னு அவர் வந்து எல்லாத்தையும் திரும்ப ஆரம்பிக்க வெப்பாரு.